கும்பத்தோடு போன பேர்மிற்

சிவகலாவின் வீட்டில் மூன்று பேர். அதில் இரண்டு பேர் சுவிஸ்காரர். கணவர் பாலச்சந்திரனிடமும் மகள் ரிஷானியிடமும் சிவப்புப் பாஸ்போர்ட் இருக்கிறது. சிவகலாவிடம் இருப்பது ஒரு பிளாஸ்ரிக் அட்டை. சீ பேர்மிற் என்பார்கள். இந்த நாட்டில் நிரந்தரமாக இருக்கலாம் என்று அதற்குப் பொருள். ஆனால் ஐந்து வருடத்துக்கு ஒருமுறை போய், நான் இன்னும் நிரந்தரமாகத்தான் இருக்கிறேன் என்று சொல்லிப் புதுப்பிக்க வேண்டும். நிரந்தரத்தை எதற்காகப் புதுப்பிக்க வேண்டும் என்பது அவளுக்கு இன்றுவரை விளங்கவில்லை. விளக்கிச் சொல்ல வந்தவர்களும் பாதியில் குழம்பித் திரும்பிப் போயிருக்கிறார்கள்.

அவள் ஏன் சுவிஸ்காரி ஆகவில்லை என்றால் அது ஒரு சின்னக் கதை. ரிஷானி பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலத்தில் தகப்பனும் மகளும் குடியுரிமைக்கு எழுதிப் போட்டார்கள். “நீர் டொச்சை வடிவாப் படிச்சுப்போட்டு ஆறுதலா எடும்” என்றார் பாலச்சந்திரன். விடிய ஐந்து மணிக்கு எழும்பி ஓஸ்டர்முண்டிகனிலிருந்து பஸ் பிடித்து ஆஸ்பத்திரி வார்டு துடைக்கப் போகிற மனுசிக்கு ஆற அமர இருந்து படிக்க ஆறுதல் எங்கே கிடைக்கும்? கிடைக்கவில்லை. வார்டில் பேசுகிற டொச், அதாவது ஜெர்மன், அவளுக்கு நன்றாக வரும். ‘வலிக்குதா, தண்ணி வேணுமா, கால் வைக்காதேங்கோ, ஈரம்’ எல்லாம் தண்ணீர்பட்ட பாடு. ஆனால் குடியுரிமை கொடுக்கிற அரசாங்கக் கந்தோரில் அப்படி யாரும் கேட்பதில்லையே!

இந்த முறை பேர்மிற் முடிகிற மாதம் பார்த்து ஊரில் ஒரு கலியாணம் வந்து நின்றது. மானிப்பாயில் இருக்கிற அவளுடைய தம்பி அருட்செல்வனுக்கு நாற்பத்து நான்கு வயதாகிறது. இத்தனை வருடமாக ஒவ்வொரு பெண்ணுக்கும் ஒவ்வொரு சாட்டுச் சொன்னவன், இப்போது ஒருவழியாகத் தலையாட்டியிருந்தான். அதிலும் ஒரு நிபந்தனை. “அக்கா, நீ வந்து தோழியா நிண்டால்தான் நான் மணவறையிலை ஏறுவன். இல்லாட்டி விடு.” தாலி கட்டும்போது மாப்பிள்ளையின் சகோதரி பக்கத்தில் நிற்க வேண்டும். அவனுக்கு இருக்கிறது ஒரேயொரு சகோதரி. ஐப்பசியில் நாள் வைத்தாகிவிட்டது, ரிக்கற்றும் எடுத்தாகிவிட்டது. இனி அட்டையைப் புதுப்பித்தால் சரி. புதுப்பிக்காமலும் போகலாம், அதை யாரும் தடுக்கமாட்டார்கள். திரும்பி வருவதுதான் பெரும்பாடாகிவிடும்.

குடிவரவுக் கந்தோரிலிருந்து அறிவித்தல் வந்தது. படமும் விரல் அடையாளமும் எடுக்க ஒரு வியாழக்கிழமை வரவேண்டும், பழைய அட்டையைக் கட்டாயம் கொண்டுவர வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். வீட்டில் நவராத்திரிக் கும்பம் வைத்திருந்த நேரம் அது. சரஸ்வதி பூசைக்கு அவரவர் தொழில் எதுவோ அதைக் கும்பத்தின் முன்னால் வைப்பது வழக்கம். ரிஷானி தன் புத்தகங்களை அடுக்குவாள். ரெஸ்ரோறண்டில் சமைக்கிற பாலச்சந்திரன் தன் கத்தியைக் கழுவித் துடைத்து வைப்பார். சிவகலாவுக்கு மட்டும் வைக்க எதுவும் இருந்ததில்லை. வார்டு துடைக்கிற தடியைக் கொண்டுவந்து சரஸ்வதிக்கு முன்னால் நிறுத்தவா முடியும்? இந்த வருடம் அவள் யோசித்துப் பேர்மிற்றை எடுத்துப் புத்தக அடுக்கின் உச்சியில் வைத்தாள். எல்லாவற்றுக்கும் வைப்பதுபோல அதற்கும் சந்தனம் தொட்டு, குங்குமம் வைத்தாள். பொட்டுப் போய்ச் சரியாக அட்டையில் இருந்த அவளுடைய படத்தின் நெற்றியில் விழுந்தது. அது நல்ல சகுனமாகப் பட்டது. போனில் படம் பிடித்துத் தம்பிக்கும் அனுப்பினாள்.

விசயதசமி முடிந்து சனிக்கிழமை பார்த்தால் அட்டையைக் காணவில்லை!

சிவகலாவுக்குக் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டதுபோல இருந்தது. புத்தகம் இருக்கிறது, கத்தி இருக்கிறது, உச்சியில் வைத்தது எங்கே? சாமி அறையை மூன்று தரம் கூட்டினாள். புத்தகங்களைத் தலைகீழாகப் பிடித்து உதறினாள். அரிசி வாளிக்குள் கை விட்டாள். குளிர்ப்பெட்டியைத் திறந்து, எதற்காகத் திறந்தோம் என்று தெரியாமல் மூடினாள்.

“கும்பம் எடுத்தது நீங்கள்தானே? ஆத்திலை விட்டதுக்குள்ளை போட்டுதோ?” என்று கணவரைக் கேட்டாள். கும்பத்துப் பூவையும் இலையையும் முளைவிட்ட நவதானியத்தையும் பழைய வேட்டித் துண்டில் முடிந்து, ஆரே ஆற்றில் கொண்டுபோய் விடுவது ஒவ்வொரு வருடமும் பாலச்சந்திரனின் வேலை.

“நான் பூவையும் இலையையும்தான் விட்டனான். நீர் புத்தகத்துக்கு மேலையெல்லோ வைச்சனீர்? புத்தகத்தை நான் தொடவேயில்லை.” அவர் சொன்னதில் பிழை பிடிக்க முடியவில்லை. உச்சியில் இருந்த அட்டை எழும்பி நடந்து கும்பத்துக்குள் போகாது.

ஞாயிற்றுக்கிழமை முழுவதும் வீட்டில் சண்டை. அதன் பிறகு சாப்பிடும்போது சண்டை, தேத்தண்ணி குடிக்கும்போது சண்டை. அட்டை தொலைந்தால் முதலில் பொலிசுக்குப் போய் எழுதிக் கொடுக்க வேண்டும் என்றாள் ரிஷானி. எங்கே தொலைந்தது என்று கேட்பார்களாம். அங்கேதான் அடுத்த குழப்பம் தொடங்கியது.

“பஸ்ஸிலை விழுந்திட்டுது எண்டு சொல்லுங்கோ அம்மா. சிம்பிள். சாமி, கும்பம் எண்டு தொடங்கினால் அவைக்கு விளங்காது” என்றாள் ரிஷானி.

“களவு போட்டுது எண்டு சொல்லும். சனம் நெருக்கிற இடத்திலை பையுக்குள்ளாலை எடுத்திட்டாங்கள் எண்டு சொல்லும்” என்றார் பாலச்சந்திரன். அவர் அதைச் சொல்லும்போது முகத்தைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். சிவகலா அதைக் கவனித்தாள். இந்த மனுசனுக்கு என்ன வந்தது என்று நினைத்தாள். அதற்குமேல் யோசிக்க மண்டையில் இடமில்லை.

வேலையில் கூட நிற்கிற கஜலக்சுமி இன்னொன்று சொன்னாள். “எதெண்டாலும் சொல்லு, ஆத்திலை பூ விடுற கதையை மட்டும் எடுத்துப்போடாதை. ஆத்திலை ஒண்டும் போடக்கூடாது எண்டு சட்டம் இருக்காம்.”

இந்த மூன்று புத்திமதியும் சிவகலாவின் தலைக்குள் ஒன்றோடொன்று கலந்து கூழாகிவிட்டன. செவ்வாய்க்கிழமை பின்னேரம் வீட்டார் மூவரும் பொலிஸ் நிலையத்துக்குப் போனார்கள். கவுண்டருக்குப் பின்னால் ஓர் இளம் பொலிஸ்காரி இருந்தாள். பெயரைக் கேட்டாள், சிவகலா சொன்னாள். பெயரைக் கேட்டதும் பொலிஸ்காரி எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தாள். சிவகலாவைப் பார்த்தாள், பாலச்சந்திரனைப் பார்த்தாள், திரும்பவும் சிவகலாவைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள்.

“நீங்கள்தான் அவரா? நலமாக இருக்கிறீர்களா?” என்று கேட்டாள்.

இதென்ன கேள்வி! “நலம்” என்றாள் சிவகலா.

“அட்டை எங்கே தொலைந்தது?”

“பஸ். களவு. பஸ்ஸில் விழுந்தது, பிறகு களவு.” சொன்னவளுக்கே அது விளங்கவில்லை. பக்கத்தில் ரிஷானி மெதுவாக நெற்றியில் கை வைத்தாள்.

பொலிஸ்காரி மூவரையும் உள்ளே ஓர் அறைக்குக் கூட்டிப்போய், ஒரு பிளாஸ்ரிக் பையைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள். பைக்குள் சிவகலாவின் பேர்மிற். அதன்மேல் ஒரு செவ்வந்தி இதழ் காய்ந்து ஒட்டியிருந்தது. நெற்றிப் பொட்டுத் தண்ணீரில் கரைந்து, முகம் முழுவதும் சிவப்பாக வழிந்திருந்தது.

“ஐயோ, என்ரை தாயே!” என்று சிவகலா பையைப் பிடிக்கப் போனாள். பொலிஸ்காரி பையைப் பின்னால் இழுத்தாள். தகப்பனையும் மகளையும் வெளியே போய் இருக்கச் சொன்னாள். கதவைச் சாத்திவிட்டு, சிவகலாவுக்கு முன்னால் கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, ஆறுதலான குரலில் கதைக்கத் தொடங்கினாள்.

விசயம் இதுதான். ஆரேயில் குளிப்பவர்கள் ஏறி வருவதற்குக் கரையோரம் கம்பிப்பிடிகள் வைத்திருப்பார்கள். குளிர் தொடங்கியும் நீந்துவதை விடாத ஒரு மனிதர் அதில் ஏறப்போனபோது, ஒரு வெள்ளைத் துணிமுடிச்சுச் சிக்கிக் கிடந்தது. அவிழ்த்தால் இலை, பூ, முளைத்த தானியம், சிவப்புக் கறை. நடுவில் ஒரு பெண்ணின் அட்டை. அவர் நேராகப் பொலிசுக்குக் கொண்டுவந்துவிட்டார். ஒரு பெண்ணுக்கு ஏதோ நடந்துவிட்டது என்று நினைத்து, நாளைக் காலையில் வீடு தேடி வருவதாக இருந்தார்களாம்.

“வீட்டில் சண்டை நடந்ததா?” என்று பொலிஸ்காரி கேட்டாள்.

பொய் சொல்லிப் பழக்கமில்லாத சிவகலா இம்முறை உண்மையே சொன்னாள். “ஓம். ஞாயிறு, திங்கள், செவ்வாய். பெரிய சண்டை.”

“கணவர் உங்களை மிரட்டினாரா?”

“அவரோ? இல்லை, நான்தான் அவரை.”

பொலிஸ்காரி பேனாவைக் கீழே வைத்தாள். “இந்த இரத்தம் யாருடையது?” என்று கேட்டாள்.

அப்போதுதான் சிவகலாவுக்கு முழுவதும் உறைத்தது. கடவுளே, இந்தப் பிள்ளை என்ரை மனுசனைக் கொலைகாரன் எண்டெல்லோ நினைக்குது! மீனுக்குக் கத்தி வைக்கும்போதும் கண்ணை அரைவாசி மூடுகிற மனுசனை! அவளுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது, எதை முதலில் விடுவது என்று தெரியவில்லை. பஸ்ஸையும் களவையும் தூக்கி எறிந்தாள். போனை எடுத்து, தம்பிக்கு அனுப்பிய படத்தைக் காட்டினாள். கும்பம், புத்தகம், கத்தி, உச்சியில் அட்டை, அட்டையில் பொட்டு. “சாமி. படிப்புச் சாமி. இது பவுடர். புத்தகத்துக்கும் சிவப்பு, கத்திக்கும் சிவப்பு, எனக்கும் சிவப்பு” என்று தன் நெற்றியைத் தொட்டுக் காட்டினாள். முடிந்த பிறகு பூவை ஆற்றில் விடுவதையும் மறைக்காமல் சொன்னாள். சட்டம் வந்தால் வரட்டும்.

பொலிஸ்காரி படத்தை விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள். முகம் கொஞ்சம் இளகியது. “சரி. ஆனால் இதில் அட்டை புத்தகத்தின் மேல் இருக்கிறதே? பூவுக்குள் எப்படி வந்தது?”

“அதுதான் எனக்கும் விளங்கேல்லை” என்றாள் சிவகலா தமிழில்.

தகப்பனையும் மகளையும் உள்ளே கூப்பிட்டார்கள். பாலச்சந்திரன் மேசையில் இருந்த பையைப் பார்த்தார். பொலிஸ்காரி கேட்ட கேள்விக்கு அவர் பொலிஸ்காரிக்குப் பதில் சொல்லவில்லை. மனைவியைப் பார்த்துத் தமிழில் சொன்னார்.

“நான்தான் கலா எடுத்துக் கும்பத்து இலைக்குக் கீழை வைச்சனான். நீர் படுத்தாப்பிறகு. புத்தகத்துக்கு மேலை தூரமாக் கிடக்குது, சரஸ்வதி அம்மாளுக்குக் கிட்டக் கிடக்கட்டும் எண்டு. எடுக்கேக்கை மறந்துபோனன், இலையோடை சேர்த்து முடிஞ்சிட்டன். ஞாயிற்றுக்கிழமை நினைவு வந்திட்டுது. நீர் நிண்ட நிலையைப் பாத்துச் சொல்லப் பயமாக் கிடந்தது.” நிறுத்தி, மூக்கை உறிஞ்சிக்கொண்டார். “நானும் பிள்ளையும் உம்மை விட்டிட்டுப் போய்க் குடியுரிமை எடுத்தனாங்கள்தானே. ஒவ்வொரு முறையும் உமக்கு அந்தக் கடிதம் வரேக்கை எனக்கு நெஞ்சு இடிக்கிறது. உம்மை இனி இஞ்சை விடமாட்டினமோ எண்டு. நீர் இல்லாமல் எனக்கு என்னத்துக்கு அந்தச் சிவப்புப் பாஸ்போர்ட்?”

சிவகலாவுக்கு அவரை அடிக்க வேண்டும்போல இருந்தது. கட்டிப்பிடிக்க வேண்டும்போலவும் இருந்தது. பொலிஸ் நிலையத்தில் இரண்டையும் செய்ய முடியாது.

“இவர் என்ன சொல்கிறார்?” என்று பொலிஸ்காரி கேட்டாள்.

மொழிபெயர்க்க ரிஷானி வாயைத் திறந்தாள். சிவகலா மேசைக்குக் கீழே அவளுடைய தொடையைக் கிள்ளினாள். பிறகு நிமிர்ந்து இருந்து, தன்னுடைய வார்டு டொச்சில், ஒரு தடுமாற்றமும் இல்லாமல் சொன்னாள்.

“அவர் அட்டையைச் சாமிக்குப் பக்கத்தில் வைத்தார். எடுக்க மறந்துவிட்டார். வயது போய்விட்டது.”

பொலிஸ்காரி சிரித்துவிட்டாள். ஒரு தாளில் கையெழுத்து வாங்கினாள். இனிமேல் பூவை வீட்டுப் பச்சைக் குப்பைக்குள் போடும்படி சொன்னாள். அட்டை பழுதாகவில்லை, வியாழக்கிழமை கொண்டுபோகலாம் என்று சொல்லிப் பையை நீட்டினாள்.

வெளியே வந்ததும் ரிஷானி போனைப் பார்த்தபடி பத்தடி முன்னால் நடந்தாள். பஸ் வந்தது. ஏறி அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்த பாலச்சந்திரன் மெல்லக் கையை நீட்டினார்.

“கலா, வியாழக்கிழமை வரைக்கும் அதை நான் பத்திரமா வைச்சிருக்கட்டே?”

“வேண்டாம்! இனி இதைச் சாமிக்கும் குடுக்கமாட்டன், உங்களுக்கும் தரமாட்டன். நெஞ்சு இடிச்சால் எனக்குச் சொல்லுங்கோ, கும்பத்துக்குச் சொல்லாதேங்கோ.”

அட்டையைக் கைப்பைக்குள் போட்டு மூடினாள். நீட்டிய அவருடைய கை வெறுமனே இருந்தது. அதை எடுத்துத் தன் மடியில் வைத்துப் பிடித்துக்கொண்டாள். பஸ்ஸில், நாலு சனத்துக்கு முன்னால், அவள் அவருடைய கையைப் பிடித்தது கலியாணம் கட்டிய இத்தனை வருடத்தில் இதுதான் முதல் தடவை. தங்கள் இடம் வந்ததும் ரிஷானி மணியை அமத்தினாள். அவர்கள் இருவரும் எழும்பவில்லை.