மகன் போன கையோடு கூட்டிய வீடு

டோர்ட்மண்டில் சினிமாப் படங்களை வெட்டி ஒட்டும் ஓர் அறையை ஏழு வருடம் துப்புரவு செய்தேன். அங்கே வேலை செய்த ஜெர்மன் பெண்மணிக்கு என் வயதுதான். தூசு உறிஞ்சும் மெஷினின் இரைச்சல் அவருக்கு ஆகாது. அதனால் அந்த அறைக்கு மட்டும் தும்புத்தடியோடு போவேன். ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். தலையைக் குனிந்து கூட்டிவிட்டு வந்துவிடுவேன்.

இளம் வயதில் படச்சுருளைப் பிளேடால் வெட்டி, டேப்பால் ஒட்டித்தான் அவர் தொழில் பழகினாராம். துண்டுகளைக் கொடியில் உடுப்புக் காயப்போடுவதுபோலத் தொங்கவிடுவார்களாம். இடது பெருவிரலில் அந்தக் காலத்துத் தழும்பு இருந்தது. கம்ப்யூட்டர் வந்தபோது அதையும் முதலிலிருந்து படித்தார். நாற்பது வருடம்! வெட்டிய இடம் பார்க்கிறவர்களுக்குத் தெரியவே கூடாதாம். "தெரிஞ்சால் நான் தோத்துப்போனன்" என்பார். அவர் பேசியது ஜெர்மனில். என் காதில் அது இப்படித்தான் இருக்கிறது.

ஓய்வுபெறுமுன் அவர் செய்த கடைசிப் படம் இங்கே வாழும் எங்கள் தமிழ் ஆட்களைப் பற்றியது. மகன் டிரெஸ்டனுக்குப் படிக்கப் போகிறான். தாய் வாசலில் நின்று அனுப்புகிறாள். உடனே வீட்டைக் கூட்டுகிறாள். மூன்று நாளாக அந்த இடத்தையே திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"தாய் கல்லு மாதிரி இருக்கிறா. பிழை எங்கையெண்டு பிடிபடேல்லை. நாளைக்குப் படத்தைக் குடுக்கவேணும்."

நான் நிமிர்ந்து திரையைப் பார்த்துவிட்டேன். கை நின்றுவிட்டது. நாற்பது வருடத் தொழில்காரிக்குக் கூட்ட வந்தவள் என்னத்தைச் சொல்வது?

"என்ன, தும்புத்தடி நிண்டுட்டுது? சொல்லுங்கோ."

"அவ இப்ப கூட்டமாட்டா," என்றேன்.

"ஏன், தன்ரை வீடு கூட்டவும் உங்களை வேலைக்குப் பிடிச்சுப்போட்டாவோ?"

எனக்குச் சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்போடு வாயும் திறந்தது. ஒருவர் பயணம் புறப்பட்ட கையோடு நாங்கள் வீடு கூட்டுவதில்லை, பிரேதம் எடுத்த வீட்டைத்தான் அப்படிக் கூட்டிக் கழுவுவோம், போனவர் திரும்பி வரவேண்டும் அல்லவா என்று, தெரிந்த ஜெர்மனில் சொல்லி முடித்தேன்.

அவர் சிரிக்கவில்லை. "கதிரையை இழுத்துப்போட்டு இருங்கோ," என்றார்.

கூட்டுகிற துண்டை எடுத்து, மகன் பெட்டி அடுக்குவதற்கு முன்னால் வைத்தார். வாசலில் நின்ற தாயை இன்னும் கொஞ்ச நேரம் நிற்கவிட்டார். புதிதாக ஒன்றும் சேர்க்கவில்லை. அதே முகம், அதே சேலை. பிள்ளை புறப்படுகிற வீடு துப்புரவாக இருக்கட்டும் என்று விடியவே கூட்டியவள், இப்போது வெறுங்கையோடு, திறந்த கதவைப் பிடித்தபடி நிற்கிறாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஒரு துண்டை இடம் மாற்றினால் ஒரு மனுசியின் மனமே மாறுமா? திரையை விட்டு, தழும்பிருந்த அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அடுத்த வாரம், வேலையின் கடைசி நாளில், அவர் மேசையை ஒதுக்கினார். தேநீர்க் கோப்பையையும் பழைய பிளேடையும் பைக்குள் வைத்தார். வாசலில் நின்று திரும்பிப் பார்த்தார்.

"இண்டைக்கு இந்த அறையைக் கூட்டுவீங்களோ?"

"ஏலாது," என்றேன்.

"உங்கடை மேலாளர் வந்து கேட்டால்?"

"ஓம், கேட்கட்டும். நாளைக்குத்தான்."