எட்டுத் தகுதிச் சான்றிதழ்கள்

என் மகன் முரளியின் நோய்க்கு முதல் அறிகுறி ஒரு காகிதத்தில் வந்தது. அப்போது அவனுக்கு இருபத்திரண்டு வயது. அந்தக் காகிதத்தைப் படித்தவன் நான் ஒருவன்தான்.

அது ஓர் ஈ.சி.ஜி. (இதயத்தின் மின்னோட்டத்தைக் கோடுகளாக வரைந்து காட்டும் சோதனை). அதன் அடியில் மருத்துவர் பேனாவால் எழுதியிருந்தார்: கோடுகள் இயல்பாக இல்லை, எக்கோ எடுத்துப் பார்க்கவும். எக்கோ என்பது ஒலியலைகளைக் கொண்டு இதயத்தைப் படம்பிடிக்கும் சோதனை. வலி இல்லாதது, அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். அதை நான் எடுக்கவிடவில்லை.

இதே நோயுள்ள ஒருவரை வீட்டில் வைத்திருப்பவர்கள் இதைப் படிக்கக்கூடும். அவர்களுக்காகத்தான் எழுதுகிறேன். எனக்கு எழுபத்தொரு வயது. முப்பது ஆண்டுகள் தொழிற்சாலைகளில் பர்சனல் ஆபீசராக இருந்தேன். கடைசிப் பதினான்கு ஆண்டுகள் இருங்காட்டுக்கோட்டையில். வேலைக்குச் சேரும் ஒவ்வொருவரின் மருத்துவத் தகுதிச் சான்றிதழும் என் மேசைக்கு வரும். காது மந்தம், நிறக்குருடு, ஆஸ்துமா என்று எத்தனையோ பேரைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். ஒரு வெல்டர் என் முன்னால் உட்கார்ந்து அழுதார். விதி எல்லோருக்கும் ஒன்றுதான் என்று அவரிடம் சொன்னேன்.

முரளி கூடைப்பந்து ஆட்டக்காரன். தண்டலம் பக்கத்தில் ஒரு பொறியியல் கல்லூரியில் விளையாட்டு ஒதுக்கீட்டில் படித்தான். உயரம் ஆறடி ஓரங்குலம். எங்கள் பிள்ளைப்பாக்கத்தில் அது பெரிய உயரம். கூடைப்பந்தில் அது போதாது. படிப்பு முடிந்ததும் சென்னையில் ஓர் அரசுத் துறையின் அணியில் தற்காலிக இடம் வந்தது. நான்கு நாளில் சேர வேண்டும், தகுதிச் சான்றிதழ் வேண்டும். அதற்காக எடுத்ததுதான் அந்த ஈ.சி.ஜி. எக்கோவுக்கு அடுத்த வாரம்தான் நேரம் கிடைத்தது. ரிப்போர்ட் என்ன ஆயிற்று என்று கேட்டான். நார்மல் என்றேன்.

விளையாட்டு வீரர்களின் இதயம் சற்றுப் பெரிதாக இருக்கும் என்று எங்கோ படித்திருந்தேன். அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். ஸ்ரீபெரும்புதூரில் எனக்கு நண்பராக இருந்த ஒரு மருத்துவரிடம், படிவத்தை நானே நிரப்பிக் கொண்டுபோனேன். ‘இதற்குமுன் இருந்த நோய்கள்’ என்ற கட்டத்தில் ‘இல்லை’ என்று எழுதியிருந்தேன். என்மேல் இருந்த நம்பிக்கையில் அவர் கையெழுத்துப் போட்டார். ஈ.சி.ஜி.யை அவரிடமும் காட்டவில்லை. அவர் இன்று உயிரோடு இல்லை. பழி முழுவதும் என்னுடையது.

அந்தத் துறையில் முரளிக்கு நிரந்தர வேலை கிடைத்திருந்தால் ஆண்டுதோறும் ஒரே மருத்துவர் பார்த்திருப்பார், நோயும் பிடிபட்டிருக்கும். கிடைக்கவில்லை. ஓர் அணியில் ஒரு பருவம், இரண்டு பருவம் என்று பன்னிரண்டு ஆண்டுகளில் எட்டு அணிகளுக்கு ஆடினான். ஒவ்வோர் அணியும் புதிதாக ஒரு சான்றிதழ் கேட்டது. பழையதை யாரும் கேட்கவில்லை. ஒவ்வொரு முறையும் நான் நிரப்பினேன், நண்பர் கையெழுத்திட்டார். ஒவ்வொன்றின் நகலும் என்னிடம் ஒரு பச்சை ஃபைலில் இருந்தது. அடியில் அந்த ஈ.சி.ஜி.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். கேரளத்தில் ஒரு கிளப்புக்கு ஆடிக்கொண்டிருந்தபோது தொலைபேசியில் அழைத்தான். ஓடும்போது கண் இருட்டிக்கொண்டு வந்தது, சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன் என்றான். உப்பும் சர்க்கரையும் கலந்து குடிக்கச் சொன்னேன். கோச்சிடம் சொல்லாதே, ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கட்டும் என்றும் சொன்னேன். அந்த ஒப்பந்தம் கடைசியில் புதுப்பிக்கப்படவும் இல்லை.

எட்டாவது அணி ஒரகடத்தில் ஒரு தொழிற்சாலையுடையது. பகலில் ஸ்டோர்ஸில் வேலை, மாலையில் பயிற்சி. அவன் வீட்டுப் பக்கத்திலேயே ஆடியது அப்போதுதான். அதனால் நானும் பார்க்கப் போவேன். அவனுக்கு அங்கே பெயர் ‘கெஸ்ட்’. எந்த அணியிலும் விருந்தாளி என்பதால் வந்த பட்டம். மருமகள் கவிதாவுக்கும் அது வசதியாகப் போயிற்று. “வூட்டுக்கும் கெஸ்ட்டுதான்” என்பாள்.

தொழிற்சாலைகளுக்கு இடையிலான போட்டி, மாலை ஐந்தரை மணி. மூன்றாம் கால் பகுதி. யாரும் அவனை இடிக்கவில்லை. தடுப்பதற்காகத் திரும்பி ஓடி வந்தவன் நின்றான். முழங்காலில் கையை ஊன்றினான். அப்படியே முகம் குப்புற விழுந்தான்.

“கெஸ்ட்டு ஆக்டிங் குடுக்குது பாரு” என்று பெஞ்சிலிருந்து ஒருவர் சொன்னார். சிரித்தார்கள். ஃபவுல் கேட்டு விழுவது ஆட்டத்தில் சகஜம். நான் சிரிக்கவில்லை. எழுந்து நின்றேன். அந்தக் கணத்தில் என் நினைவுக்கு வந்தது மகனின் முகம் இல்லை, அந்தக் காகிதம். இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது.

பார்வையாளர் பக்கத்திலிருந்து ஒரு பெண் ஓடினாள். சுகன்யா என்று பெயர், அசெம்பிளி லைனில் வேலை, முதலுதவிப் பயிற்சி பெற்றவள். கழுத்தில் விரல் வைத்துப் பார்த்தாள். மார்பை இரண்டு கையாலும் அழுத்த ஆரம்பித்தாள். “ஷாக் மெஷின் எடுத்துனு வாங்க, ஓடுங்க” என்று அழுத்துவதை நிறுத்தாமலே சொன்னாள். மருத்துவ அறையிலிருந்து அந்தப் பெட்டி வந்தது. ஒரு முறை அதிர்வு கொடுத்தார்கள். முரளி மூச்சை இழுத்தான்.

நெடுஞ்சாலையோர மருத்துவமனை ஒன்றில் சேர்த்தோம். மூன்றாம் நாள் நன்றாகப் பேசினான். இதயத்தைவிட விலா எலும்புதான் வலிக்கிறது என்றான். சுகன்யா அழுத்தியதில் இரண்டு விலா விரிசல் விட்டிருந்தது. ஷிஃப்ட் முடிந்து அவள் பார்க்க வந்தபோது, “இன்னாம்மா, இது ஃபவுல் தெரியுமா?” என்று கேட்டான்.

“கம்ப்ளெயின்ட் பண்றதுக்கு உயிரோட கீறீங்கள்ல, அது போதும்ணா” என்றாள் அவள்.

எக்கோவில் நோய் தெரிந்தது. ஹைப்பர்ட்ரோபிக் கார்டியோமையோபதி (இதயத் தசை அளவுக்கு மீறித் தடித்துவிடும் நோய், பெரும்பாலும் பரம்பரையாக வருவது). இதய மருத்துவர் நடுவயதுப் பெண்மணி, நிதானமாகப் பேசுபவர். தடித்த தசையில் மின்னோட்டம் தடம் மாறி, இதயம் துடிப்பதற்குப் பதிலாக நடுங்கிப்போகும் என்றார். கடுமையாக ஓடும்போது அந்த அபாயம் கூடும். இதற்குமுன் ஏதாவது சோதனை செய்ததுண்டா என்று கேட்டார்.

“காலேஜ் முடிச்சப்ப ஒரு ஈ.சி.ஜி. எடுத்தாங்க டாக்டர், நார்மல்” என்றான் முரளி. “அப்புறம் எட்டு தபா ஃபிட்னஸ் சர்ட்டிஃபிகேட். அதெல்லாம் எங்கப்பா வாங்கியாந்து குடுத்துடுவாரு. நான் போகவே தேவையில்ல.”

அதை அவன் பெருமையாகத்தான் சொன்னான். மருத்துவர் என் பக்கம் திரும்பி, அந்த ஈ.சி.ஜி. இருக்கிறதா என்று கேட்டார். தொலைந்துவிட்டது என்றேன். மகன் பிழைத்த பிறகும் பொய் சொன்னேன்.

மறுநாள் மருத்துவர் ஒரு தாளைக் கொடுத்து, இரத்த உறவில் இருப்பவர்களின் பெயரையும் வயதையும் எழுதச் சொன்னார். எல்லோருக்கும் எக்கோ எடுக்க வேண்டும். “பொண்ணுக்குமா?” என்று கவிதா கேட்டாள். ஆமாம் என்றார். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்பதால் தாள் என்னிடம் வந்தது. முதலில் என் பெயரை எழுதினேன். அடுத்து, தர்ஷினி, வயது எட்டு. பேத்தியின் பெயரை எழுதியதும் எட்டுச் சான்றிதழ்களிலும் இருந்த அதே எழுத்து அந்தத் தாளில் இருப்பதைப் பார்த்தேன். மேற்கொண்டு எழுத முடியவில்லை.

மாலை வீட்டுக்குப் போய்ப் பச்சை ஃபைலை எடுத்தேன். காலையில் மருத்துவரின் அறையில் ஈ.சி.ஜி.யை மேசைமேல் வைத்தேன். அவர் கோடுகளை நெடுநேரம் பார்த்தார். கீழே எழுதியிருந்ததையும் படித்தார்.

“இதை அவர்கிட்ட நான் சொல்லணுமா, நீங்க சொல்றீங்களா?”

அவர் சொல்லிவிடுவார் என்ற எண்ணத்தில்தான் வந்திருந்தேன். நானே சொல்கிறேன் என்றேன்.

முரளி ஈ.சி.ஜி. தாளை வாங்கித் தேதியைத்தான் முதலில் பார்த்தான். கவிதா அவன் தோளுக்கு மேலாகப் படித்தாள். அவள் சத்தம் போடவில்லை. “இது எனக்குக் கல்யாணத்துக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்கணும் மாமா” என்றாள்.

முரளி சொன்னான்: “இந்தத் தேதிக்கு அப்புறம்தான்பா நான் விளாண்டதெல்லாம்.”

அது குற்றச்சாட்டா, ஆறுதலா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை. மன்னிப்பு என்று எடுத்துக்கொள்ள எனக்கு உரிமையில்லை. அதன்பின் அவன் என்னோடு பேசவில்லை.

அவனுக்கு ஐ.சி.டி. பொருத்தினார்கள் (இடது தோளுக்குக் கீழே, தோலுக்கடியில் வைக்கும் சிறு கருவி, இதயம் தடம் மாறினால் தானே அதிர்வு கொடுத்துச் சரிசெய்யும்). துடிப்பைக் குறைக்கும் மாத்திரை தினமும். ஆறு வாரம் இடது கையைத் தோளுக்கு மேல் தூக்கக்கூடாது. போட்டி ஆட்டம் இனி இல்லை.

அவர்கள் வல்லத்தில் வாடகை வீட்டில் இருந்தார்கள். கவிதா ஓர் எலக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் வேலை செய்கிறாள். ஒரு நாள் அழைத்தாள். “எனக்கு செகண்ட் ஷிஃப்ட்டு. அவரு தனியா இருக்கக் கூடாது. வாங்க மாமா” என்றாள். கோபம் குறையவில்லை, ஆள் தேவைப்பட்டது. போனேன்.

மதியம் முழுவதும் நானும் அவனும் மட்டும். குளித்துவிட்டு வந்தால் சட்டையை நான்தான் போட்டுவிட வேண்டும். முதலில் இடது கை, பிறகு வலது கை. பொத்தான் போடும்போது அந்தக் கருவியின் மேடு என் விரலில் படும். அவன் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பான். பத்தொன்பது நாட்கள் அப்படிப் போயின.

இருபதாம் நாள் சுவரைப் பார்த்தபடியே கேட்டான்: “இன்னும் எத்தினி பேப்பர் கீது அந்த ஃபைல்ல?”

“எட்டு.”

“எடுத்துனு வாங்க.”

மறுநாள் ஃபைலைக் கொண்டுபோனேன். எட்டையும் கட்டிலில் வரிசையாகப் பரப்பிவைத்தான். ஒவ்வொன்றாக எடுத்து, அந்தந்த அணியைப் பற்றிப் பேச ஆரம்பித்தான். பன்னிரண்டு ஆண்டுகளில் என்னிடம் சொல்லாததெல்லாம் அப்போதுதான் சொன்னான். தன் எண் என்று ஒன்று அவனுக்கு எந்த அணியிலும் இருந்ததில்லை, மீந்துபோன ஜெர்சிதான். கோயம்புத்தூரில் டபுள் எக்ஸ்எல், பெங்களூரில் வயிறு தெரிகிற அளவு. புது அணியின் ஆட்ட வியூகங்களை ரயிலில் போகும்போதே மனப்பாடம் செய்வான். வடக்கே ஓர் இரும்பாலை அணியில் அவனுக்கு மொழி புரியவில்லை. கோச் கையைக் காட்டினால் ஆட இறங்குவான், மறுபடி காட்டினால் வெளியே வந்துவிடுவான். ஒரே பருவத்தோடு நின்றுபோன ஒரு தொழில்முறைத் தொடரில் தொலைக்காட்சியில் அவன் முகம் இரண்டு விநாடி வந்ததாம். நாங்கள் பார்க்கவில்லை.

“எதிர் டீம்ல நல்லா அடிக்கிறவன் ஒருத்தன் இருப்பான்ல, அவன் மேல அஞ்சு ஃபவுலையும் போட்டுட்டு வந்து உக்காரணும். அதுக்குத்தான் என்னை இறக்குவாங்க” என்றான் (ஐந்து ஃபவுல் ஆனால் ஆட்டத்திலிருந்து வெளியேற வேண்டும்). “அந்த வேலைய என்னை மாதிரி யாரும் செஞ்சதில்லப்பா.”

கேரளச் சான்றிதழைக் கையில் எடுத்தான். சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றது நினைவிருக்கிறதா என்று கேட்டான். இருக்கிறது, கோச்சிடம் சொல்லாதே என்று நான் சொன்னதும் நினைவிருக்கிறது என்றேன். தலையசைத்தான். எட்டையும் அடுக்கி ஃபைலில் போட்டுத் தன் தலையணைக்கடியில் வைத்துக்கொண்டான். அதை என்னிடம் திருப்பித் தரவில்லை.

தர்ஷினிக்கு எக்கோ இயல்பாக இருந்தது. வளர வளர மீண்டும் பார்க்க வேண்டும் என்றார்கள். எனக்கு எடுத்ததில் இதயச் சுவர் தடித்திருந்தது. ஆபத்தான அளவில் இல்லை. உங்களிடமிருந்துதான் போயிருக்கிறது, அது உங்கள் தவறில்லை என்றார் மருத்துவர். அது தவறில்லைதான். மற்றதைப் பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை.

இந்த எழுபத்தொரு ஆண்டுகளில் எனக்கு இதயம் என்று ஒன்று இருப்பதாகவே நினைத்ததில்லை. இப்போது காலையில் எழுந்ததும் மணிக்கட்டில் விரலை வைத்து ஒரு நிமிடம் எண்ணுகிறேன். ஒரு நிமிடம் எவ்வளவு நீளமானது என்று அப்போதுதான் தெரிகிறது. நண்பரின் கையெழுத்து வாங்க எனக்கு அவ்வளவு நேரம்கூட ஆனதில்லை.

நான்காம் மாதம் முரளி ஒரு படிவத்தோடு வந்தான். தொழிற்சாலை அவனை ஸ்டோர்ஸிலேயே வைத்துக்கொள்கிறது, வெல்டிங் நடக்கும் பக்கம் போகக்கூடாது (பலத்த மின்காந்தம் கருவியைக் குழப்பக்கூடும்). தகுதிச் சான்றிதழ் வேண்டுமாம். படிவத்தை என் முன்னால் வைத்தான்.

“எழுதுங்க. உங்க எழுத்துதான் நல்லாருக்கும்.”

‘இதற்குமுன் இருந்த நோய்கள்’ என்ற கட்டம் மிகச் சிறியது. நோயின் பெயர் அதில் அடங்கவில்லை. ஓரத்தில் மடக்கி எழுதினேன்.

இந்த முறை அவனும் வந்தான். அதே இதய மருத்துவர் அவனை உள்ளே வைத்து முழுதாகப் பரிசோதித்தார். நான் வராந்தாவில் காத்திருந்தேன். ஒரு சான்றிதழுக்காக அவன் பரிசோதனை முடியும்வரை நான் காத்திருந்தது அதுதான் முதல் தடவை. பிறகு என்னையும் உள்ளே கூப்பிட்டார்கள். கருவி தன் நினைவில் வைத்திருப்பதையெல்லாம் கணினியில் எடுத்திருந்தார்கள். ஒவ்வொரு நாளும், ஒவ்வொரு வேளையும் இதயம் எப்படி இருந்தது என்பது அதில் பதிவாகிவிடுமாம். யாரும் அதை நிரப்பிக் கொடுக்க முடியாது.

மருத்துவர் திரையில் ஓரிடத்தைக் காட்டினார். போன ஞாயிறு மாலை துடிப்பு கொஞ்சம் ஏறியிருக்கிறது, என்ன செய்தீர்கள் என்று கேட்டார்.

முரளி வாயைத் திறப்பதற்கு முன் நான் சொன்னேன்: “பந்து போட்டான் டாக்டர். நின்ன இடத்துலேர்ந்து, பத்து ஷாட். நான்தான் பந்தைப் பொறுக்கிக் குடுத்தேன்.”

“காட்டிக் குடுத்துட்டீங்களேப்பா” என்றான் முரளி.

மருத்துவர் பேனாவை எடுத்து அதையும் குறித்துக்கொண்டார். “பத்துன்னா பத்தோட நிக்கணும்” என்றார். அவர் படிவத்தை வரிவரியாகப் படித்துக் கையெழுத்திடும்வரை நாங்கள் இருவரும் அருகருகே உட்கார்ந்திருந்தோம்.