தம்பி சொன்னதும் ஸ்பீக்கர் சொன்னதும்

மில்லில் அவளுக்கு ஸ்பீக்கர் என்று பெயர். இருபத்திரண்டு வருஷம் தறிச் சத்தத்துக்கு நடுவில் கத்திக் கத்தித் தொண்டை அப்படி ஆகிவிட்டது. வீட்டுக்குள் உப்பு டப்பா எங்கே என்று கேட்டால் தெருமுனையில் நிற்பவர் பதில் சொல்லிவிடுவார். ஆனால் வேடிக்கையைப் பாருங்கள், அவள் மனசு விட்டுப் பேசியதெல்லாம் தொண்டையால் பேசியதே இல்லை, கையால் பேசியது. அவளுடைய ஒரே தம்பி பிறவியிலேயே காது கேட்காதவன். அவனோடுதான் அந்தப் பேச்சு.

காது கேட்காத பிள்ளைகளுக்கென்று பள்ளிக்கூடம் இருப்பதே அந்த வீட்டில் யாருக்கும் தெரியாது. அம்மாவிடம் ஒரு இருபது சைகை இருந்தது. சாப்பிடு, தூங்கு, வா, போ, அடி வாங்கப்போகிறாய். அவ்வளவுதான் அவள் கஜானா. கூடவே ஒரு கண்டிப்பு: மனுஷர்களை விரல் நீட்டிக் காட்டக் கூடாது. காட்டினால் அந்த விரலிலேயே ஒன்று போடுவாள். அதனால் பையன் ஆளாளுக்கு ஒரு பெயர் வைத்துக்கொண்டான். அக்கா என்று சொல்லத் தன் இடது புருவத்தைத் தொடுவான். சின்ன வயதில் கீழே விழுந்து அங்கே அவளுக்கு ஒரு தழும்பு.

அவனுக்கு ஏழு வயது இருக்கும்போது ஒரு நாள் மூச்சிரைக்க ஓடிவந்து கையை ஆட்டி ஆட்டி ஏதோ சொன்னான். அக்காவுக்குப் பன்னிரண்டு வயது. அவளும் பொறுமையாகப் பார்த்தாள். பார்க்கப் பார்க்க விஷயம் பிடிபட்டது. நேற்று நாய் தபால்காரரைக் கடிக்கவில்லையாம், தபால்காரர்தான் நாயை உதைத்தாராம், எல்லோரும் தப்பாகச் சொல்கிறார்களாம். அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அம்மாவின் இருபது சைகையில் நேற்று என்பது கிடையாது. இல்லை என்பது கிடையாது. யார் யாரை என்பதும் கிடையாது. இதையெல்லாம் இந்தப் பயல் எந்தக் கடையில் வாங்கினான்? சொல்லிக் கொடுத்தவர் யாருமில்லை, அவனே உண்டாக்கிக்கொண்டிருக்கிறான். அன்றைக்குப் பிடித்தது அவளுக்கு, அவனோடு ஓயாமல் பேச்சு. கேள்வி, சந்தேகம், ஊர்வம்பு, கிண்டல், 'நான் தூங்கிவிட்டதாக அம்மா நினைக்கிறாள்' என்பது வரைக்கும் எல்லாம் அந்தக் கையில் வந்தது. அம்மா போன பிறகு உலகத்தில் அந்தப் பேச்சு தெரிந்தவர்கள் இரண்டே பேர்.

பெரியவனானதும் அவளே சூப்பர்வைசரிடம் கெஞ்சிக் கூத்தாடி மில்லில் சேர்த்துவிட்டாள். தறிகளுக்கு எண்ணெய் போடுகிற வேலை. அங்கே காது கேட்கிறவர்களும் கையைத்தான் ஆட்டுவார்கள், அந்தச் சத்தத்தில் வேறு வழி? நூல் அறுந்தது, டீ வந்தது, சூப்பர்வைசர் வருகிறார் என்று பத்துப் பதினைந்து சைகை. தம்பி அதை ஒரே நாளில் கற்றுக்கொண்டு, இதற்குப் போய்ப் பேச்சு என்று பெயரா என அக்காவிடம் கேலி செய்தான்.

அந்த ஷெட்டில் ஒரு வழக்கம். தறிக்குள் கை விடுகிறவர் முதலில் அதை ஓட்டும் கைப்பிடியில் ஒரு சிவப்புத் துணியைக் கட்டிவிட வேண்டும். கட்டியவர்தான் அவிழ்க்க வேண்டும், அடுத்தவர் துணியில் கை வைக்கவே கூடாது. புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு முதலில் சொல்லிக் கொடுப்பதே அதுதான். துணியெல்லாம் ஒரே கழிவுத் துணியிலிருந்து கிழித்தது. உன்னுது என்னுது என்று பார்த்தால் தெரியாது, கட்டியவருக்கு ஞாபகம் இருக்க வேண்டும்.

அந்தச் செவ்வாய்க்கிழமை பக்கத்துத் தறிக்காரி டீ குடிக்கப் போனாள். ஆள் உயரம், அதனால் நெட்டச்சி. தன் தறிகளைப் பார்த்துக்கொள்ளச் சொல்லி ஸ்பீக்கரிடம் சைகை காட்டிவிட்டுப் போனாள். அதில் ஒரு தறி நின்றது. ஸ்பீக்கர் துணியைக் கட்டி, அறுந்த நூலைச் சரிசெய்து, துணியை அவிழ்த்து இடுப்பில் செருகிக்கொண்டாள். பார்த்தால் குறுக்கே ஓடி நெய்கிற நாடாவில் நூலும் தீர்ந்திருக்கிறது. நாடாவுக்குள் போடுகிற நூல் கட்டை எடுத்துவர ஷெட்டின் அந்தக் கோடிக்குப் போனாள். அதற்குள் நெட்டச்சி திரும்பி வந்து தன் துணியைக் கட்டிவிட்டு, தறிக்குப் பின்பக்கம் மறைவில் குனிந்து பஞ்சுத் தூசியை எடுக்கத் தொடங்கியிருந்தாள். ஸ்பீக்கர் வந்தாள், கட்டையைப் போட்டாள், துணியைப் பார்த்தாள், 'அட, அவிழ்க்க மறந்துட்டேனா' என்று நினைத்தாள். உருவி எடுத்துக் கைப்பிடியை இழுத்தாள்.

நெட்டச்சிக்கு வலது கையில் இரண்டு விரல் போய்விட்டது. ஸ்பீக்கர்தான் தறியை நிறுத்தி அவளைத் தாங்கிப் பிடித்தவள். ஆம்புலன்ஸ் போன பிறகு இடுப்பில் கை வைத்தால் ஒரு துணி, கையில் ஒரு துணி. அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. நிமிர்ந்தால், தறிச் சந்தின் முனையில் எண்ணெய்க் குவளையோடு தம்பி நிற்கிறான், முகம் வெளுத்துப்போய். முழுவதையும் பார்த்திருக்கிறான்.

உடனே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை, அவ்வளவுதான். முதல் நாள் ஆஸ்பத்திரி அலைச்சலில் போனது, இரண்டாம் நாள் வாய் வரவில்லை, மூன்றாம் நாள் சூப்பர்வைசர் ஒரு ரிப்போர்ட் எழுதிவிட்டார். பக்கத்தில் நின்றது எண்ணெய் போடுகிறவன், காது கேட்காதவன், சொன்னால் புரியாதவன், துணியை எடுத்துத் தறியை ஓட்டியது அவனாகத்தான் இருக்க வேண்டும், அவனை உடனே நீக்க வேண்டும். நல்ல நியாயம்! பேச முடியாதவன் தலையில் பழியைப் போடுவதைவிடச் சுலபமான வேலை உலகத்தில் உண்டா?

தொழிலாளர் ஆபீசர் விசாரிக்க வந்தார். இந்த ஆளை எப்படி விசாரிப்பது, இவருக்குத்தான் பேச்சே இல்லையே என்று பேனாவை மூடினார். ஸ்பீக்கருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. அவன் பேசுவான் சார், உங்களைவிட நல்லாவே பேசுவான், கேட்டுப் பாருங்க என்று சொல்லிவிட்டாள். சொன்ன பிறகுதான், கேட்டால் என்ன சொல்வான் என்பது உறைத்தது. ஆபீசரும் லேசுப்பட்டவர் இல்லை. அது பேச்சா, வெறும் கையாட்டமா என்று பார்க்க மொழி ஆராய்ச்சி செய்கிற ஒரு டீச்சரை அழைத்து வருவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

அவர்கள் வருவதற்கு முந்தின நாள் சாயங்காலம் அவள் தம்பியிடம் சொன்னாள்: நீ எதையும் பார்க்கவில்லை என்று சொல்லிவிடு. உன் வேலையும் தங்கும், என் வேலையும் தங்கும். ஏன் என்று கேட்டான். சும்மாதான் என்றாள். அதற்கு மேல் அவன் ஒன்றும் கேட்கவில்லை. சரி என்றும் சொல்லவில்லை.

மறுநாள் மில் ஆபீஸ் அறையில் மேஜையைச் சுற்றி ஆபீசர், டீச்சர், சூப்பர்வைசர், கையில் கட்டோடு நெட்டச்சி. டீச்சர் ஒரு கட்டுப் படம் வைத்திருந்தார். ஒரு படத்தைத் தம்பிக்கு மட்டும் காட்டுவார், அவன் கையால் சொல்ல வேண்டும், ஸ்பீக்கர் நாலு படத்தில் அது எது என்று எடுக்க வேண்டும். ஆள் குதிரையைத் துரத்துகிறான், குதிரை ஆளைத் துரத்துகிறது, ஆள் துரத்தவே இல்லை, துரத்தியது நேற்று. இப்படிக் குழப்பக் குழப்பப் பன்னிரண்டு. பதினொன்று சரி. தப்பான ஒன்றும் கண்ணாடி போடாததால் வந்தது, குதிரையை நாய் என்று நினைத்துவிட்டாள்.

டீச்சருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. ஆபீசரிடம் அவர் சொன்னதன் சாரம் இது: எந்த ஜனத்தின் பாஷையை எடுத்தாலும் அதில் சில காரியங்கள் இருந்தே தீரும். யார் யாருக்கு என்ன செய்தார் என்று சொல்ல முடியும், இல்லை என்று மறுக்க முடியும், கேள்வி கேட்க முடியும், எதிரில் இல்லாததைப் பேச முடியும், அடுத்தவர் நினைப்பையும் ஒரு வாக்கியத்துக்குள் வைத்துச் சொல்ல முடியும். இதற்கான அச்சு பிறக்கும்போதே மனுஷ மூளைக்குள் இருக்கிறது என்று ஒரு கட்சி உண்டு, இல்லவே இல்லை என்று சண்டை போடுகிற கட்சியும் உண்டு. எப்படி வந்தால் என்ன, இந்த மனுஷரிடம் அது முழுசாக இருக்கிறது. இவர் பேசுவது பாஷைதான், தாராளமாக விசாரிக்கலாம்.

ஸ்பீக்கருக்குக் கண் கலங்கியது. அந்த நாய்க் கதைக்கு முப்பத்தி நாலு வருஷம் கழித்து ஒருத்தர் வாயால் அது வந்ததே என்ற பெருமை ஒரு பக்கம். இனி தப்ப முடியாது என்ற பயம் ஒரு பக்கம்.

ஆபீசர் தம்பியை நேராகப் பார்த்துக் கேட்டார், துணியை அவிழ்த்தது யார் என்று. ஸ்பீக்கர் அதைக் கையால் கேட்டாள். அவன் நிமிர்ந்து உட்கார்ந்தான். கேள்வி கேட்டவர் ஆபீசர், அதனால் அவரைப் பார்த்தே சொன்னான். அவசரமே இல்லாமல், ஒன்றன் பின் ஒன்றாக. நெட்டச்சி துணி கட்டினாள். குனிந்தாள். அக்கா கட்டை எடுத்துக்கொண்டு வந்தாள். அந்தத் துணி தன்னுடையது என்று அக்கா நினைத்தாள். அவள் குனிந்திருப்பது அக்காவுக்குத் தெரியாது. அக்கா அவிழ்த்தாள். வேண்டுமென்று செய்யவில்லை. பயந்துபோய்ச் சொல்லாமல் இருக்கிறாள், அவளைத் திட்டாதீர்கள்.

கேட்டீர்களா? அவள் மனசுக்குள் நடந்ததை அவளே யாரிடமும் சொன்னதில்லை. அவன் சொல்லிவிட்டான், அவளுக்காகப் பரிந்தும் பேசிவிட்டான். வாழ்க்கையில் முதல் தடவையாக ஊர் அவனை ஒரு கேள்வி கேட்டது. அவன் ஒளிக்காமல் பதில் சொன்னான்.

எல்லோரும் ஸ்பீக்கரின் வாயைப் பார்த்தார்கள்.

"பாக்கலையாம் சார்" என்றாள். "மிஷினுக்குப் பின்னாடி இருந்தானாம்."

ஆபீசர் எழுதாமல் நிமிர்ந்தார். "இவ்வளவு நேரம் சொன்னாரே?"

எந்தெந்தத் தறிக்கு எண்ணெய் போட்டான் என்று விலாவாரியாகச் சொன்னான் என்றாள். டீச்சர் மட்டும் விடாமல், புருவத்தை நாலைந்து தடவை தொட்டாரே, அது என்ன என்று கேட்டார். அது மிஷின் என்றாள் ஸ்பீக்கர். டீச்சர் அதை நோட்டில் குறித்துக்கொண்டார்.

தம்பி ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். நெட்டச்சி குனிந்து தன் கைக்கட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் சொன்னது அவளுக்குப் போய்ச் சேர்ந்திருந்தால் சடாரென்று ஸ்பீக்கர் பக்கம் திரும்பியிருப்பாளே. திரும்பவில்லை. யாருமே திரும்பவில்லை. அவன் இரண்டு கையையும் எடுத்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான்.

யார் மேலும் குற்றம் இல்லை, தற்செயலான விபத்து என்று விசாரணை முடிந்தது. இரண்டு பேர் வேலையும் தங்கியது. டீ, நூல் அறுந்தது, சூப்பர்வைசர் வருகிறார், இந்த மட்டில் ஷெட்டில் யாருக்கும் காட்டுகிற சைகையைத் தம்பி அவளுக்கும் காட்டினான். வீட்டுக்கு வந்தால் அதுவும் இல்லை. சாப்பிடுவான், தட்டைக் கழுவி வைப்பான், போய்ப் படுப்பான். அவள் எதிரில் உட்கார்ந்து கெஞ்சினாள், ஊர்வம்பு சொன்னாள், கோபப்பட்டுக்கூடப் பார்த்தாள். அவன் அவள் கையைப் பார்க்கவே மாட்டேன் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டான். டீச்சர் ஒரு நாள் அந்தப் பாஷையைப் படம் பிடிக்க வீட்டுக்கு வந்தார். அவன் கையை மடியில் வைத்தபடியே இருந்தான். வெட்கப்படுகிறார் போல என்று சொல்லிவிட்டு அவர் கிளம்பினார். அவளுக்காவது பேச வேறு ஆயிரம் பேர் உண்டு. அவனுக்கு அவளை விட்டால் ஒரு ஆள் கிடையாது. அதைத் தெரிந்துகொண்டே அவன் வாயடைத்து உட்கார்ந்திருக்கிறான் என்றால் அவன் மனசு எப்படி விட்டுப் போயிருக்க வேண்டும்!

முப்பத்தாறு நாள் தாங்கினாள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலையில் நெட்டச்சி வீட்டுக்குப் போனாள். நெட்டச்சி இடது கையால் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். உட்காரு என்றாள். ஸ்பீக்கர் உட்காரவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள், இடுப்பில் இருந்த துணி உட்பட. அவ்வளவு பெரிய தொண்டையில் அன்றைக்குச் சத்தமே வரவில்லை. நெட்டச்சி இன்னும் கிட்ட வந்து கேட்க வேண்டியிருந்தது.

கேட்டு முடித்ததும் நெட்டச்சி கையிலிருந்த வெங்காயத்தைக் கீழே வைத்தாள். பிறகு கேட்டாள். "இதை உன் தம்பி அன்னைக்கே சொன்னானா?"

"சொன்னான்."

"என் கண்ணு முன்னாடியேவா?"

"உன் கண்ணு முன்னாடியேதான்."

"விரல் போனதுக்கு உன்னை மன்னிச்சாலும் மன்னிச்சிருப்பேன். தெரியாம நடந்தது. ஆனா அவன் எனக்குச் சொன்னதை நீ முழுங்கிட்டே பாரு. இத்தனை நாளும் அவன் என் எதிர்ல வந்தாலே நான் மூஞ்சியைத் திருப்பிக்கிட்டேன், தெரியுமா? போயிடு. நாளைக்கு ஆபீசர்கிட்ட நீயே சொல்லு. சொல்லலைன்னா நான் சொல்லுவேன்."

ஸ்பீக்கர் வீட்டுக்கு வந்தாள். தம்பி ஜன்னலோரம் உட்கார்ந்து சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தான். அவள் எதிரில் தரையில் உட்கார்ந்து, நெட்டச்சியிடம் சொல்லிவிட்டேன் என்று கையால் சொன்னாள். அவன் ஊசியை நிறுத்தினான். பிறகு சட்டையை மடியில் போட்டுவிட்டு, இத்தனை நாளில் முதல் தடவையாக ஒரு கேள்வி கேட்டான்.

அவள் என்ன சொன்னாள்?

ஸ்பீக்கர் முதலிலிருந்து ஆரம்பித்தாள். விரல் போனதற்கு அக்காவை மன்னித்தாலும் மன்னித்திருப்பாளாம். தம்பி சொன்னதை அக்கா முழுங்கியதற்கு மன்னிக்க மாட்டாளாம். உன்னைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்டது அவளுக்கு ரொம்பக் கஷ்டமாக இருக்கிறதாம். அக்காவைப் போய்விடச் சொன்னாள், நாளைக்கு ஆபீசரிடம் அக்காவே சொல்ல வேண்டும் என்றாள். ஒவ்வொரு முறையும் தன் புருவத்தைத் தானே தொட்டுத் தொட்டு, ஒரு வார்த்தை விடாமல் சொல்லிக்கொண்டிருந்தாள். தம்பி அவள் கையைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை.