ஹேண்டில்பாரில் நாலு கைகள்

என் வேலை என்னவென்று அப்பாவுக்கு விளக்கிச் சொல்லப் பலமுறை முயன்றிருக்கிறேன். அமெரிக்க ஆஸ்பத்திரிகளில் டாக்டர்கள் எழுதி வைப்பதை நான் கோயமுத்தூரில் உட்கார்ந்து படித்து, ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். மெடிக்கல் கோடிங். விபத்தென்றால் காயத்துக்கு ஒரு குறியீடு, அது எப்படிப் பட்டது என்பதற்கு இன்னொன்று.

"கை ஒடிஞ்சா ஒடிஞ்சதுதானே கண்ணு, எப்படி ஒடிஞ்சா என்ன?" என்பார் அப்பா. வாழ்நாளெல்லாம் விசைத்தறிச் சத்தத்தில் இருந்தவர் என்பதால் எதையும் உரக்கத்தான் சொல்வார்.

பேட்டரி சைக்கிள் விபத்துகளில் எனக்கே குழப்பம் உண்டு. முதன்முதலில் அப்படி ஒன்று வந்தபோது, சைக்கிள்தானே என்று சைக்கிள் பகுதியில் தேடிப் போட்டேன். சரிபார்ப்பவர் தப்பென்று திருப்பி அனுப்பிவிட்டார். அது மோட்டார் சைக்கிள் பகுதியில் இருந்தது. பெடல் இருந்தாலும் அவர்கள் கணக்கில் அது மோட்டார் சைக்கிள். அதற்குப் பிறகும் கேள்விகள் முடியாது. அடிபட்டவர் ஓட்டியவரா, பின்னால் உட்கார்ந்து வந்தவரா? மோதியது காரா, லாரியா? நடந்தது ரோட்டிலா, வீட்டு வாசலிலா? டாக்டர் எழுதியிருப்பதை வைத்துத்தான் சொல்ல வேண்டும். நாமாக யூகிக்கக் கூடாது.

முழங்கால் வலி வந்த பிறகு அப்பாவும் ஒரு பேட்டரி சைக்கிள் வாங்கினார். கருமத்தம்பட்டி பக்கம் அவர்கள் இருக்கும் வீட்டிலிருந்து கடைவீதிக்குப் போய்வர அது போதுமாக இருந்தது. பின்னால் கேரியரில் ஒரு மெத்தை வைத்துத் தைத்து, அம்மாவையும் உட்கார வைத்துக்கொண்டு போவார்.

ஒரு நாள் மத்தியானம் ஆபீசில் இருந்தபோது பக்கத்து வீட்டு அக்கா போன் செய்தார். "பதறாதீங்க அம்மணி. அப்பாவும் அம்மாவும் சைக்கிள்ல போறப்ப கார் இடிச்சுருச்சு. ரெண்டு பேரும் பேசறாங்க. அவினாசி ரோட்டு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டு வந்திருக்கறோம்."

நான் போய்ச் சேர்ந்தபோது அம்மாவின் இரண்டு கைகளிலும் சிராய்ப்பு. இடது மணிக்கட்டு ஒடிந்திருந்தது. தாடையில் தையல். அப்பாவுக்கு வலது குதிகாலில் பெரிய கட்டு. பின்சக்கரத்துக் கம்பிகளுக்குள் கால் மாட்டிச் சதை கிழிந்துவிட்டதாக நர்ஸ் சொன்னார்.

டியூட்டி டாக்டர் சின்ன வயதுக்காரர். "யாருங்க ஓட்டுனது?" என்று கேட்டார்.

"நாந்தானுங்க," என்றார் அப்பா. அம்மா கண்ணை மூடிக்கொண்டாள்.

டாக்டர் எழுதிக்கொண்டு போய்விட்டார். நான் அப்பாவின் கட்டையே பார்த்துக்கொண்டு நின்றேன். கம்பிக்குள் குதிகால் மாட்டுவது பின்னால் உட்கார்ந்தவருக்கு. முன்னால் கையை ஊன்றி விழுந்து மணிக்கட்டு ஒடிவது பெரும்பாலும் ஓட்டியவருக்கு. எத்தனையோ பேருடைய காயங்களைப் படித்திருக்கிறேன். ஆனால் எழுத்தில் படிப்பது வேறு, பெற்ற தகப்பனின் காலில் பார்ப்பது வேறு. எனக்கு என் அறிவின் மேலேயே சந்தேகம் வந்தது. விழும்போது கால் எப்படியும் போயிருக்கலாமே?

"எப்படீங்கப்பா நடந்துச்சு?" என்றேன்.

"எதிர்ல கார் வந்துச்சு. அதோட பக்கக் கண்ணாடி ஹேண்டில்பார்ல தட்டிருச்சு. நிக்காம போயிட்டான்."

மறுநாள் காலை பார்க்க வந்த பக்கத்து வீட்டு அக்காவிடம், கார் பின்னாலிருந்து வந்து தட்டியதாக அப்பா சொன்னார். நான் அம்மாவிடம் கேட்டேன். "எனக்கு ஒண்ணும் ஞாபகமில்லை சாமி," என்றாள்.

அதைக் கேட்டதும் எனக்குப் பயம் பிடித்தது. தாடையில் அடிபட்டவள், நடந்தது மறந்துவிட்டது என்கிறாள். தலைக்குள் ரத்தக்கசிவு இருந்தால்? டாக்டரிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். அவரும் யோசித்து, உடனே தலைக்கு ஸ்கேன் எடுக்கச் சொல்லிவிட்டார். அம்மாவை வீல்சேரில் வைத்துத் தள்ளிக்கொண்டு போனார்கள். அவள் என்னைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள்.

ஸ்கேனில் ஒன்றுமில்லை. திரும்பிக் கொண்டுவந்து கட்டிலில் படுக்க வைத்ததும் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எனக்கு ஒண்ணும் மறக்கலை கண்ணு. நாந்தான் ஓட்டுனேன்."

"நீங்களாம்மா?"

"பழகிட்டிருக்கறேன். தறிக் குடோனுக்குப் பின்னால இருக்கற ரோட்டுல. ஒங்கப்பா பின்னால உட்கார்ந்துக்குவாரு. அன்னைக்கு நல்லா ஓட்டுனேன்னு மெயின் ரோட்டுக்கு எடுத்துட்டேன். விழுந்ததும் ஒங்கப்பா, 'நீ வாயே தொறக்காத, நான் பாத்துக்கறேன்'னு சொல்லிப்போட்டாரு."

"எதுக்குங்கம்மா?"

"போலீஸ் வந்து லைசென்ஸ் கேட்டா? எனக்கேது லைசென்ஸ்? ஏங்கண்ணு, நீதான் இதைப் பத்தியே படிக்கறயே. இது சைக்கிளா, வண்டியா? லைசென்ஸ் வேணுமா?"

அமெரிக்காக்காரன் இதை மோட்டார் சைக்கிள் என்கிறான். நம் ஊரில் வேகம் குறைந்த பேட்டரி வண்டிக்கு லைசென்ஸ் வேண்டியதில்லை என்று கேள்விப்பட்டிருந்தேன். அப்பாவின் சைக்கிள் அதில் சேருமா என்று தெரியாது. "கேட்டுச் சொல்றேம்மா," என்றேன். தினமும் அதையே பார்க்கிற வேலை எனக்கு. வெட்கமாக இருந்தது.

டாக்டரிடம் போய், ஓட்டியது அம்மா என்று சொன்னேன். அவர் நான் எதற்குச் சொல்கிறேன் என்று புரியாமல் பார்த்தார். அவருடைய தாளில் டூவீலர், கார், கீழே விழுந்தது, அவ்வளவுதான் இருந்தது. கேட்டாரே தவிர, யார் முன்னால், யார் பின்னால் என்று அவர் எழுதவே இல்லை.

சாயங்காலம் பல்லடத்திலிருந்து மாமா வந்தார். அம்மாவுக்கு மூத்தவர். கோழிப்பண்ணை வைத்திருப்பவர். வந்ததும் அப்பாவைத்தான் பிடித்தார்.

"என்னங்க மாப்பிள்ளை, இந்த வயசுல உங்களுக்கு எதுக்குங்க இந்த வேலை? கார் வாரது கூடத் தெரியாமயா ஓட்டுவீங்க? என் தங்கச்சிக்கு எதாவது ஆயிருந்தா?"

அப்பா தலையை ஆட்டிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். மாமா நிறுத்துவதாயில்லை. அம்மா எழுந்து உட்கார்ந்தாள்.

"அவரைத் திட்டாதீங்கண்ணா. நாந்தானுங்க ஓட்டுனேன்."

மாமா அவளைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார், பிறகு என்னை ஓரமாகக் கூட்டிப்போய்க் குரலைத் தாழ்த்தினார். "அம்மணி, ஸ்கேன்ல நெசமாலுமே ஒண்ணுமில்லீன்னாங்களா? இன்னொருக்கா எடுத்துப் பாத்தறலாமா?"

"அம்மா சொல்றது நெசம்தானுங்க மாமா," என்றேன். அவர் நம்பவில்லை. ஊருக்குப் போகும்வரை அம்மாவிடம் சின்னக் குழந்தையிடம் பேசுவதுபோல் பேசிக்கொண்டிருந்தார்.

அவர் போன பிறகு அப்பாவிடம் கேட்டேன். "நீங்க பின்னாலதானே இருந்தீங்க? அப்புறம் எதுக்குங்கப்பா நான் ஓட்டுனேன்னு சொன்னீங்க?"

"பொய்யில்லை கண்ணு. மெயின் ரோட்டுக்கு வந்ததும் எனக்குப் பயமாப் போச்சு. பின்னால இருந்து ரெண்டு கையையும் நீட்டி நானும் ஹேண்டில்பாரைப் புடிச்சுக்கிட்டேன். அவ ஒரு பக்கம் இழுத்தா, நான் ஒரு பக்கம் இழுத்தேன். அந்நேரம் பாத்துக் கார் வந்துருச்சு. முன்னாலயா பின்னாலயான்னுகூடப் பாக்கலை. இப்ப நீயே சொல்லு, யாரு ஓட்டுனது?"

"தெரியலீங்கப்பா," என்றேன். உண்மையில் தெரியவில்லை. காரணம் யார், காரா, அம்மாவா, அப்பாவா என்பதும் தெரியவில்லை. வந்ததிலிருந்து இதையே கேட்டுக்கொண்டிருக்கிறேனே தவிர, வலிக்கிறதா என்று அவர்களைச் சரியாகக் கேட்டேனா என்பதுகூட ஞாபகமில்லை.

அம்மாவின் கை சேர ஒன்றரை மாதத்துக்கு மேல் ஆனது. அப்பாவின் குதிகால் அதைவிடத் தாமதமாக ஆறியது. சைக்கிளின் முன்சக்கரம் வளைந்திருந்தது. சோமனூரில் கொடுத்துச் சரிசெய்தோம். சைக்கிள் கம்பெனியிலேயே விசாரித்து, அதற்கு லைசென்ஸ் தேவையில்லை என்று தெரிந்துகொண்டு அம்மாவிடம் சொன்னேன். விற்றுவிடலாம் என்று மாமா போனில் சொல்லிக்கொண்டிருந்தார்.

கைக்கட்டுப் பிரித்த வாரமே அம்மா அதைத் தறிக் குடோன் ரோட்டுக்குத் தள்ளிக்கொண்டு போனாள். நான் லீவில் இருந்தேன். கூடவே போனேன். அப்பாவும் நொண்டிக்கொண்டே வந்து கேரியர் மெத்தையில் கையை வைத்தார்.

"ஏனுங்க, தள்ளி நில்லுங்க," என்றாள் அம்மா. "நீங்க இல்லீன்னா நான் நேராப் போவேன்."

அப்பா கையை எடுத்துக்கொண்டார். அம்மா ஏறி உட்கார்ந்து, சேலையைச் சொருகிக்கொண்டு, ரோட்டின் நடுவிலேயே கொஞ்சம் கோணலாக ஓட்டிக்கொண்டு போனாள்.