மிஸியின் பின்னல்

மிஸியின் முகத்தைவிட அவருடைய முதுகுதான் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. எங்கள் பக்கத்தில் தாதியை மிஸி என்றுதான் சொல்வோம். விடிய வந்ததும் வெள்ளைத் தொப்பியைக் கழற்றி என் கட்டிலில் வைப்பார். எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, சீப்பைத் தோளுக்கு மேலால் நீட்டுவார். "எனக்குக் கை எட்டேல்லை, ஒருக்காப் பின்னிவிடும் பிள்ளை." எட்டாமல் என்ன, நல்ல நீளமான கைதான்.

மயிலிட்டியிலிருந்து இடம்பெயர்ந்து, கொழும்புத்துறையில் ஒரு வீட்டில் ஒதுங்கியிருந்தபோது மகள் பிறந்தாள். பிறந்த கையோடு எனக்கு நித்திரை போயிற்று. பிறகு புத்தியும் போயிற்று. குண்டு போட வரும் பொம்மரின் கண்ணில் படக்கூடாதென்று பிள்ளையைப் பனையோலைக் கடகத்துக்குள் வைத்துச் சாக்கால் மூடியிருந்தேனாம். மாமிதான் அழுகைச் சத்தம் கேட்டு எடுத்திருக்கிறார். அன்றே என்னை ஆஸ்பத்திரியில் மனநோய் வாட்டில் சேர்த்தார்கள். "தலையில கரண்ட் பிடிப்பினம்" என்று சனம் பயமுறுத்தியது. ஊர் முழுக்க இருட்டு, எனக்கு மட்டும் எங்கிருந்து பிடிப்பார்கள்? ஊசியும் குளிசையும்தான் தந்தார்கள். தெளிந்து எழுந்தபோது பால் கட்டி நெஞ்சு கல்லாக இருந்தது. பக்கத்தில் பிள்ளை இல்லை.

மாமி கிழமைக்கொருமுறை பிள்ளையோடு வருவார். வாட்டு வாசலோடு நின்றுவிடுவார். நான் கையை நீட்டினால் பிள்ளையை மற்றத் தோளுக்கு மாற்றுவார். அவரில் குறை சொல்ல எனக்கு வாயில்லை. ஆனாலும் அது ஊசியைவிட வலித்தது. மகளை இனித் தரவே மாட்டார்கள் என்று பயந்தேன்.

ஒருநாள் மாமி வாசலில் நிற்க, மிஸி காலையில் நான் பின்னிய பின்னலை அவிழ்த்துவிட்டு வந்து என் முன்னால் உட்கார்ந்தார். நான் மறுபடி பின்னத் தொடங்கினேன். பின்னி முடியும்வரை அவர் திரும்பவேயில்லை. மண்ணெண்ணெய் கிடைக்காத கதையை மாமியோடு கதைத்துக்கொண்டிருந்தார்.

"மிஸி, உங்களுக்குப் பயமில்லையே?" என்று மாமி கேட்டார்.

"எனக்குப் பயம் பொம்மருக்குத்தான். அவவுக்கும் அதுதானே."

மாமி வாசலைத் தாண்டினார். பிறகு கட்டிலடிக்கு வந்து, "இந்தா, பிடி. எனக்குக் கை உளையுது" என்று பிள்ளையை என் மடியில் வைத்தார். கை உளைவு பொய்யென்று மூன்று பேருக்கும் தெரியும். மாமியின் ஒரு கை பிள்ளையின் காலைப் பிடித்தபடியே இருந்தது. எனக்கு அதுவும் பெரிய சந்தோசம். அழுதேன்.

இப்போது அந்த மகளுக்கு ஒரு மகன். கடகத்துக் கதையை மாமி சாகுமுன்னமே அவளுக்குச் சொல்லியிருக்கிறார். அவளோ பிள்ளையை என் மடியில் தொப்பென்று போட்டுவிட்டு, "அம்மா, இவனைப் பாருங்கோ" என்றபடி, திரும்பிக்கூடப் பார்க்காமல் சமைக்கக் குசினிக்குள் போய்விடுகிறாள்.