பன்னிரண்டு முட்டை போட்ட ஜாம் பிஸ்கோத்து

தீபாவளிக்கு மறுநாள் காலை, ஆறு வீட்டுத் தட்டுகளையும் கழுவித் துடைத்துக்கொண்டிருந்தபோதுதான் அந்த எண்ணம் வந்தது. ஐந்து பித்தளைத் தட்டு, ஒரு பீங்கான் தட்டு. முறுக்கும் அதிரசமுமாக முந்தின நாள் வந்தவை. வெறும் தட்டைத் திருப்பிக் கொடுக்கக் கூடாது, ஒரு பிடி சீனியாவது வைக்க வேண்டும் என்பதைக் கல்யாணமாகி இந்த வரிசைக்கு வந்த வாரமே தெரிந்துகொண்டிருந்தேன். சீனி டப்பாவைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். டிசம்பரில் கிறிஸ்மஸ் வந்தால் என் முறையல்லவா? இதே ஆறு வீட்டுக்கும் என் வீட்டுத் தட்டு போகலாமே! அப்போது அவர்கள் என் தட்டைக் கழுவி, அதில் சீனி வைத்து, என் வாசலுக்கு வந்துதானே ஆக வேண்டும்?

எனக்கு வேண்டியிருந்தது அதுதான். வாசலுக்கு வருகிற ஒரு ஆள்.

பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே குவார்ட்டர்ஸ் வரிசை எங்களுடையது. எட்டு வீடு. ஆள்குறைப்பில் ஒரு வீடு காலியாகிப் பூட்டிக் கிடந்தது. மற்ற ஆறும் இந்து வீடுகள், எங்கள் வீடு மட்டும் வேதக்கார வீடு. என் கணவர் கூட்ஸ் வண்டியில் கார்டு. வாரத்தில் நாலு இரவு கிம்மாஸிலோ பிறையிலோ தங்கிவிடுவார். அப்பா கிள்ளானுக்குப் பக்கத்தில் ஒரு தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரஸ்ஸராக இருந்தார். அந்த வேலையும் போய், தம்பி தங்கைகளோடு கப்பலேறி ஊருக்குப் போய்விட்டார். அம்மா நான் சிறுமியாக இருந்தபோதே இறந்துவிட்டாள். பள்ளிக்கூட விடுதியில் முப்பது பெண்களோடு படுத்து எழுந்தவளுக்கு, பகல் முழுக்க ஒரு வார்த்தை பேசாமல் இருப்பது என்னவோ காதில் தண்ணீர் போனதுபோல இருந்தது. படிக்கக் கொண்டுவந்த புத்தகங்களை இரண்டு முறை முடித்துவிட்டேன். ஜன்னலில் நின்று போகிற வண்டிகளின் பெட்டிகளை எண்ணிக்கூடப் பார்த்தேன்.

குழாயடியில் எல்லோரும் நல்லபடியாகத்தான் பேசுவார்கள். ஆனால் தண்ணீர் நிரம்பியதும் அவரவர் வாசல். நான் "உள்ள வாங்களேன்" என்றால், "இன்னொரு நாள் வர்றேன் பாப்பா" என்பார்கள். பத்து மாதமாக அந்த இன்னொரு நாள் வரவில்லை.

ஆகவே ஜாம் பிஸ்கோத்து. விடுதியில் வெள்ளைக்கார மிஸ்ஸியம்மா சொல்லச் சொல்ல நோட்டுப்புத்தகத்தில் எழுதிவைத்திருந்தேன். மாவு, வெண்ணெய், சீனி, மஞ்சள் கரு. உருட்டி, கட்டைவிரலால் நடுவில் குழி அமுக்கி, அதில் ஜாம் வைத்துச் சுட வேண்டும். அங்கே இரும்பு அடுப்பு இருந்தது, சீமையிலிருந்து வந்த டின் ஜாம் இருந்தது. இங்கே எனக்கு ஒரு கரி அடுப்பு, கிள்ளானிலிருந்து வந்து பாசாரில் குவிந்து கிடக்கும் அன்னாசிப்பழம். அதனாலென்ன? அன்னாசியைத் துருவி, பிழிந்து, சீனியும் பட்டையும் போட்டு, கிளறக் கிளறச் சுருண்டு வருகிற வரைக்கும் நின்றேன். கையெல்லாம் தெறித்தது. ருசி பார்த்தேன். சீமை ஜாம் இதன் பக்கத்தில் நிற்காது!

அடுப்புதான் படுத்திவிட்டது. மண்ணெண்ணெய் டின் ஒன்றை வெட்டி, சோடாக்காரம் போட்டு வாசனை போகத் தேய்த்து, படுக்கப் போட்டு, உள்ளே மணல் பரப்பி, கீழேயும் மேலேயும் கரி நெருப்பு வைத்தேன். முதல் தடவை அடி கருகி, மேலே பச்சை மாவாக இருந்தது. இரண்டாம் தடவை கரித்துண்டுகளை எண்ணிக் கீழே பன்னிரண்டு, மேலே எட்டு என்று வைத்துப் பார்த்தேன். மறுபடி கருகல். அப்புறம்தான் உறைத்தது, சூடு கீழிருந்து மேலே போகிறது. மேலே வைத்தால்தான் அது அடங்கி நிற்கும். கீழே ஆறு, மேலே பதினாறு! பொன்னிறமாக வந்த முதல் ஈடைப் பார்த்ததும் கையைத் தட்டிவிட்டேன். தட்டிய சத்தம் வீட்டுக்குள் சுற்றி வந்து என்னிடமே நின்றது. "பாருங்களேன்" என்று சொல்ல அங்கே ஒருவரும் இல்லை.

கிறிஸ்மஸுக்கு நாலு நாள் முன்னால் கணவர் கிளம்பும்போது, "டூட்டி மாத்தித் தரமாட்டேன்னுட்டாங்க. இருபத்தாறாந் தேதி காலையிலதான் வருவேன். அதுக்குள்ள வீட்டக் கொளுத்திடாத" என்றார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். நானும் சிரித்தேன். கதவைச் சாத்திய பிறகு, கிறிஸ்மஸுக்கு நான் தனி என்பது மெதுவாகத் தெரிந்தது. இருந்தாலும் ஆறு தட்டு இருக்கிறதே என்று மறுபடி மாவு சலிக்கப் போனேன்.

மறுநாள் குழாயடியில் கடைசி வீட்டுப் பெரியம்மா பிடித்துக்கொண்டார். தண்டவாளம் திருப்பிவிடும் பாயிண்ட்ஸ்மேனின் மனைவி. வாய் கொஞ்சம் நீளம்.

"என்னா பாப்பா, மூணு நாளா உன் வீட்டுல புகையா வருது. எங்க வீட்டுக்காரரு எஞ்சின்தான் வருதுன்னு பச்சைக்கொடிய எடுத்துட்டாரு."

எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு அந்தச் சிரிப்பே பெரிய வரவேற்பாக இருந்தது. குடத்தைக் கீழே வைத்துவிட்டு, ஒரே மூச்சில் கொட்டினேன்.

"ஜாம் பிஸ்கோத்து, பெரியம்மா! கிறிஸ்மஸுக்கு. எல்லா வீட்டுக்கும் வரும். எங்க நோட்டுல ஆறு முட்டைன்னுதான் இருக்கு. நான் தாராளமா பன்னிரண்டு போட்டிருக்கேன்!"

சிரிப்பு நின்றது. யாருடைய வாளியோ நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. அடுத்த வீட்டில் ரயில்வே கணக்கெழுதும் கிராணியின் மனைவி, நான் அக்கா என்று கூப்பிடுகிறவர், "பன்னிரண்டா?" என்றார்.

"பன்னிரண்டு!"

"அம்புட்டையும் நீ ஒருத்தியாவா செஞ்சே?"

"ஒருத்தியா!" என்றேன். அவர்கள் அசந்துபோய்விட்டார்கள் என்று நினைத்தேன். வீடு வரைக்கும் குடத்தில் தாளம் போட்டுக்கொண்டு வந்தேன்.

கிறிஸ்மஸ் அன்று காலை வேதக்கோயிலுக்குத் தனியாக நடந்து போய், தனியாக நடந்து வந்தேன். வழியில் குடும்பம் குடும்பமாகப் போகிறவர்கள் வாழ்த்துச் சொன்னார்கள். திரும்பி வந்த கையோடு தட்டுகளை அடுக்கினேன். ஒரு வீட்டுக்குப் பன்னிரண்டு. மேலே வெள்ளைத் துணி போட்டு ஆறு வாசலுக்கும் நானே கொண்டுபோனேன். எல்லோரும் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்கள். "நல்லா இரு பாப்பா" என்றார் பெரியம்மா, அன்றைக்குக் கேலி இல்லாமல்.

வீட்டுக்கு வந்து, பாயை விரித்து, காப்பிக்குத் தண்ணீர் வைத்து, கதவை அகலத் திறந்து உட்கார்ந்தேன். ஒரு மணி நேரத்துக்குள் ஆறு தட்டும் திரும்பி வந்துவிட்டன. ஒவ்வொன்றிலும் சீனி. தட்டை நீட்டியவர்கள் நிலைப்படியைத் தாண்டவில்லை. "காப்பி ஆயிடுச்சு, உக்காருங்களேன்." "சோறு வடிக்கணும் பாப்பா." "பிஸ்கோத்து எப்படி இருந்துச்சு?" "ம், நல்லாருந்துச்சு." ஆறாவது தட்டைக் கொண்டுவந்தவரும் போவதற்குள் காப்பித் தண்ணீர் கொதித்துக் கொதித்துப் பாதியாகிவிட்டது. அடுப்பை அணைத்தேன். வரிசையாக ஆறு சீனிக் குவியல். எறும்பு வந்துவிடும் என்று எல்லாவற்றையும் டப்பாவில் கொட்டினேன். டப்பா நிறைந்துவிட்டது.

சாயங்காலம் சாம்பல் கொட்டப் பின்பக்கம் போனேன். சாக்கடை ஓரத்தில் பெரியம்மாவின் கோழிகள் கூட்டமாகக் கொத்திக்கொண்டிருந்தன. நடுவில் மஞ்சளாக ஏதோ மின்னியது. அன்னாசி ஜாம். நான் கட்டைவிரலால் அமுக்கிய குழி அப்படியே இருந்தது. ஒன்றிரண்டு இல்லை, குவியலாக. ஒரு வீட்டுத் தட்டு அவ்வளவு கொள்ளாது.

சாம்பல் சட்டியைப் பிடித்தபடி நின்றேன். கோபம் வரவில்லை, வெட்கம்தான் வந்தது. ஒவ்வொரு வாசலிலும் துணியை விலக்கிக் காட்டியது நினைவுக்கு வந்து காது சுட்டது.

பெரியம்மா பின்கதவில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கும் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. எதையாவது சொல்லியாக வேண்டுமே என்று, "என்னா பாப்பா செய்யறது, கோழி போட்ட முட்டைய கோழியே தின்னுடுச்சு" என்றார். பிறகு அக்கா வீட்டுப் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தார். "ஏம்மா, இங்க வந்து இந்தப் புள்ளைக்கு நீயே சொல்லு. எனக்கு ஒழுங்கா சொல்லத் தெரியாது."

அக்கா ஈரக் கையோடு வந்தார். கோழிகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"கோவிச்சுக்காத. இது மார்கழி. திருவாதிரை முடியற வரைக்கும் எங்க வரிசையில மீன், முட்டை எதுவும் அடுப்புல ஏறாது. விடியக்காலையில குளிச்சுட்டு எல்லாரும் பாட்டுப் பாடப் போறோமே, நீ பாக்கலயா?"

"பாத்தேன்" என்றேன். பார்த்தேன்தான். ஜன்னலில் நின்று, என்னை ஏன் கூப்பிடவில்லை என்று நினைத்தேன். ஐப்பசியில் இவர்களே மீன் வாங்கியதையும் பார்த்திருந்தேன். இந்த மாதம் மீன்கார மலாய்க்காரர் எங்கள் வரிசையில் மட்டும் மணி அடிக்காமல் சைக்கிளை மிதித்துக்கொண்டு போனார். உடம்பு சரியில்லை போலும் என்று நினைத்துக்கொண்டேன். மீன் விற்கிறவருக்குத் தெரிந்திருந்தது!

"அப்ப ஏங்க்கா வாங்கிக்கிட்டீங்க?"

"வாசல்ல வந்து நிக்கறே, புதுச் சேலை கட்டிக்கிட்டு. வேணாம்னு எப்படிச் சொல்றது? ஆறு வீடும் பேசித்தான் வாங்கினோம். வாங்கிட்டு வீட்டுக்குள்ள வச்சிருக்க முடியல, இந்தக் கோழிங்களுக்குப் போட்டோம்." ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, "முட்டைன்னு நீயா சொல்லாம இருந்திருந்தா தின்னிருப்போம். நீதான் குழாயடியில தமுக்கடிச்சுட்டியே" என்றார்.

பெரியம்மா சிரித்துவிட்டார். எனக்கும் சிரிப்பு வந்தது, கூடவே அழுகையும். அக்கா சங்கடப்பட்டு, "பாக்க அழகாத்தான் இருந்துச்சு" என்றார். போகிறவர் திரும்பிக் கேட்டார். "ஆமா, முட்டை இல்லாம இது வராதா?"

நோட்டுப்புத்தகத்தில் அப்படி ஒரு வரியே கிடையாது. மிஸ்ஸியம்மாவிடம் யாரும் அதைக் கேட்டதில்லை. "தெரியலக்கா" என்றேன்.

"வந்துச்சுன்னா சொல்லு. ஆனா அந்த டின்னு ஆகாது, முட்டை பட்டது. வேற டின்னு பாரு. என் வீட்டு வாசல்ல வச்சுச் சுடு. நெய் நான் தர்றேன். நான் உக்காந்து பாத்துக்கிட்டு இருக்கேன்."

மறுநாள் காலை கணவர் வந்து, மீதமிருந்தவற்றில் ஒன்பதைத் தின்று, "பிரமாதம்" என்று சொல்லிவிட்டுத் தூங்கிப்போனார். எனக்குத் தூக்கமே வரவில்லை. முட்டைதான் மாவைப் பிடித்து நிறுத்துகிறது, அது இல்லாவிட்டால் உதிர்ந்துவிடும். வாழைப்பழம் பிசைந்து பார்க்கலாம், ஆனால் வாசனை அன்னாசியோடு சண்டை போடும். தயிர் புளிக்கும். கெட்டித் தேங்காய்ப்பால்? அதைக் காய்ச்சிச் சுண்ட வைத்தால் ஒட்டும் என்று தோன்றுகிறது. மாவில் கொஞ்சம் வறுத்த அரிசிமாவு சேர்த்தால் மொறுமொறுப்பு வரலாம், வராமலும் போகலாம்.

மூலைக்கடைச் சீன முதலாளி தவுக்கேயிடம் புது டின் சொல்லிவைத்திருக்கிறேன். எதுவும் படாத டின்னாக வேண்டும் என்று மூன்று முறை சொன்னதில் அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். திருவாதிரைக்கு இன்னும் ஐந்து நாள். நாளை மறுநாள் காலை, அக்கா கோலம் போட்டு முடித்ததும், அவர் வாசலில் அடுப்பை வைக்கப் போகிறேன். இந்தத் தடவை அறுபது எழுபது இல்லை. நாலே நாலு. தேங்காய்ப்பாலில் இரண்டு, வெறும் நெய்யில் இரண்டு.