காசாமேட்டை அளந்தவள்

கண்ணைக் கட்டிவிட்டு ஓர் இலையைக் கையில் கொடுத்தால் போதும், ரெஜினா தடவிப் பார்த்தே செடியின் பெயரைச் சொல்லிவிடுவாள். கருங்குழிக்குக் கிழக்கே அவள் ஊரை ஒட்டி அறுபது ஏக்கரில் கிடக்கும் புதர்க்காடுதான் அவளுக்கு அதைக் கற்றுக் கொடுத்தது. காசாச் செடி மண்டிய மேடு என்பதால் காசாமேடு என்று பெயர். ரெஜினாவின் தெருவில் யாருக்கும் ஒரு சென்ட் நிலம் கிடையாது. விறகு, ஆட்டுக்குத் தழை, மதுராந்தகம் சந்தைக்குக் கூடை கூடையாகக் கிளாக்காய் என்று எல்லாமே அந்தப் புறம்போக்கிலிருந்துதான் வரவேண்டும். மழை பெய்தால் மேடு தண்ணீரைக் குடித்து வைத்துக்கொண்டு, தை மாதம் வரைக்கும் கொஞ்சம் கொஞ்சமாக ஏரிக்கு விடும்.

மூன்று வருடங்களுக்கு முன்னால் ஒரு காலையில் ஜெசிந்தா ஜீப்பில் வந்து இறங்கினாள். அதே தெருக்காரிதான். பன்னிரண்டாவது வரை இருவரும் ஒரே பெஞ்சு. ரெஜினாவுக்குக் கல்யாணம் ஆயிற்று. ஜெசிந்தா மேலே படித்து, சிறுசேரியில் ஒரு கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்திருந்தாள்.

"இன்னும் பேரெல்லாம் ஞாபகம் கீதாடி உனுக்கு?"

"மறந்தா எங்கம்மா குழிலேந்து எழுந்து வந்து உதைக்கும்."

ஜெசிந்தா சிரித்தாள். பிறகு விஷயத்தைச் சொன்னாள். புகையால் காற்றில் ஏறும் கரியைச் செடிகொடிகள் இழுத்துத் தம் உடம்பில் வைத்துக்கொள்கின்றன. ஒரு காட்டில் எவ்வளவு கரி இருக்கிறது என்று அளந்து காட்டினால், அதைச் சொல்லியே அந்தக் காட்டைக் காப்பாற்றலாம். அளக்கக் காடு தெரிந்த ஆள் வேண்டும்.

எட்டு மாதம் அளந்தாள் ரெஜினா. கயிறு கட்டிச் சதுரம் போட்டு, நெஞ்சுயரத்தில் டேப் சுற்றி, முப்பது சென்டிமீட்டருக்கு மேல் பருமன் உள்ள மரத்தையெல்லாம் படிவத்தில் ஏற்றினாள். முதல் வாரமே அவளுக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

"ஒரே வேருலேந்து நாப்பது கொம்பு வருதுடி. ஒண்ணு கூட முப்பது தேறாது. அப்போ இது காடு இல்லியா?"

"அதெல்லாம் ஒரு தனி நோட்டுல எழுது ரெஜி. நான் பாத்துக்கறேன்."

அந்தத் தனி நோட்டைத்தான் அவள் ஆசை ஆசையாக எழுதினாள். நூற்றுப் பதினெட்டுச் செடிகொடிகள். எறும்பு தின்னும் அலங்கு தோண்டிய வளை எத்தனை, ஐப்பசியில் ஆறுமணிக்குருவி எந்தப் புதருக்கு வந்து இறங்குகிறது, எந்தப் பழத்தை எந்தக் குருவி தின்று எங்கே கொண்டுபோய் விதை போடுகிறது. ஊரில் யார் வீட்டுக்கு எது போகிறது என்பதையும் எழுதினாள். ஜெசிந்தா வரும்போதெல்லாம் ரெஜினா வீட்டில்தான் சாப்பாடு. நோட்டு நிறைந்ததும் அதை ஜெசிந்தாவின் கையில் கொடுத்தாள்.

குடியரசு தினத்துக் கிராம சபையில் கம்பெனியின் ஒப்பந்தம் படிக்கப்பட்டது. பேப்பர் இங்கிலீஷில் இருந்தது. ஆடு வளர்க்கும் வேண்டா என்பவள் மட்டும் எழுந்து கேட்டாள்.

"அதுல இன்னாம்மா போட்டுகீது? நீயாவது சொல்லு."

ரெஜினா ஜெசிந்தாவைப் பார்த்தாள். ஜெசிந்தா தன் காதில் சொன்னதை ரெஜினா அப்படியே சத்தமாகச் சொன்னாள். "காட்டை யாரும் தொடக் கூடாதுன்னு போட்டுகீது அக்கா. நம்ம காட்டுக்குக் காவல்."

நாற்பத்தொரு பெண்கள் வரிசையில் வந்து கையெழுத்தும் கைநாட்டும் வைத்தார்கள். முதல் கையெழுத்து ரெஜினாவுடையது.

ஆனி மாதத்தில் மாமல்லபுரம் கடற்கரை ஹோட்டல் ஒன்றில் கம்பெனி விழா வைத்தது. ஜெசிந்தா கார் அனுப்பியிருந்தாள். ரெஜினாவை முன்வரிசையில் உட்கார வைத்து, மேடைக்கு அழைத்துச் சால்வை போர்த்தினார்கள். கீழே வந்து உட்கார்ந்தபோது திரையில் காசாமேடு தெரிந்தது. கோடையில், இலை உதிர்ந்து, காய்ந்து நிற்கும் காசாமேடு. ஏன் இந்தப் படம், புரட்டாசியில் எடுத்ததைப் போட்டிருக்கலாமே என்று நினைத்தாள். படத்துக்குக் கீழே இருந்த இங்கிலீஷை எழுத்துக் கூட்டிப் படித்தாள். 'வேஸ்ட்லேண்ட்' என்று இருந்தது. பக்கத்தில் அவளுடைய படிவத்து எண்கள். முப்பது சென்டிமீட்டருக்கு மேலே இருந்த கொஞ்ச மரங்கள் மட்டும். அடுத்த படத்தில் அதே மேட்டில், கோடு போட்டதுபோல் தைலமரங்கள் வரிசையாக நின்றன. கூட்டம் கை தட்டியது.

மடியில் இருந்த போன் அதிர்ந்தது. வேண்டாதான் கூப்பிட்டாள்.

"எங்கேம்மா கீறே? காலீலேந்து மூணு மிஷினு மேட்டுல பெரட்டிகினு கீது! கேட்டா, நீங்கதானே கையெழுத்துப் போட்டீங்கன்றான்!"

சால்வையை நாற்காலியிலேயே விட்டுவிட்டு வெளியே வந்தாள். ஜெசிந்தா பின்னாலேயே ஓடி வந்தாள். புல்தரைக்கு அப்பால் கடல் இரைந்துகொண்டிருந்தது.

"மிஷினு வர்றது எனக்கே நேத்துதான்டி தெரியும்."

"நேத்து தெரிஞ்சுமா கார் அனுப்பிச்சே?"

ஜெசிந்தா கடல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"என்னெ இங்க இட்டாந்ததே அதுக்குத்தானா?"

"நீ அங்க இருந்தா மிஷினு முன்னாடி படுத்துக்குவே ரெஜி. உனுக்கு எதனா ஆயிட்டா நான் இன்னா பண்ணுவேன்?"

"என் நோட்டு எங்க?"

"அந்தச் செடிக்கெல்லாம் ஃபார்ம்ல எடம் இல்லடி. தைலம் சீக்கிரம் வளரும். புதுசா ஏறுற கரியைக் கணக்குக் காட்டுனாத்தான் அவங்களுக்குக் காசு..."

"குடுத்தியா, குடுக்கலியா?"

"குடுக்கல." ஜெசிந்தாவின் குரல் இறங்கிவிட்டது. "குடுத்திருந்தா புராஜெக்டே வந்திருக்காது."

ரெஜினா அதற்குமேல் அங்கே நிற்கவில்லை. கார் வேண்டாம் என்று சொல்லிவிட்டுத் திருக்கழுக்குன்றம் வழியாகப் போகும் பஸ் ஏறி, செங்கல்பட்டில் மாறி, ஊர் வந்து சேர்ந்தபோது பொழுது சாய்ந்திருந்தது.

ஏழு ஏக்கர் போயிருந்தது. எட்டாவது ஏக்கரின் ஓரத்தில் பெண்கள் தரையில் உட்கார்ந்து மிஷின்களை மறித்திருந்தார்கள். வேண்டா சத்தம் போடவில்லை. "நீ சொன்னேன்னுதான் கைநாட்டு வெச்சோம்" என்றாள், அவ்வளவுதான். எனக்கும் தெரியாது என்று ரெஜினா சொல்லியிருக்கலாம். அதுவும் உண்மைதான். ஆனால் தெரியாததைத் தெரிந்ததுபோல் சொன்னது அவள் வாய்தானே. வரிசையின் கடைசியில் போய் உட்கார்ந்தாள். யாரும் நகர்ந்து இடம் கொடுக்கவில்லை, எழுந்து போ என்றும் சொல்லவில்லை.

மறுநாள் புரட்டிப்போட்ட மண்ணில் நடந்தபோதுதான் அதைக் கவனித்தாள். இடுப்பளவுதான் இருந்த ஒரு காசாச் செடி தலைகீழாகக் கிடந்தது. அடிக்கட்டை உரல் பருமன். அதிலிருந்து ஓடிய வேர் ஆள் உயரத்தைத் தாண்டி நீண்டிருந்தது. மேலே வெட்ட வெட்ட, கீழே எத்தனை தலைமுறையாகச் சேர்த்து வைத்ததோ. படிவத்தில் அதற்கு ஒரு வரி கூட இல்லை.

அப்படி ஆறு வேர்க்கட்டைகளை லோடு ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு, பதினேழு பெண்களும் ரெஜினாவும் செங்கல்பட்டுக் கலெக்டர் ஆபீசுக்குப் போனார்கள். வாசலில் இறக்கிவைத்ததும் காவல்காரர் விரட்டினார். மனு வாங்கிய பெண் அதிகாரி வெளியே வந்து பார்த்தார்.

"இன்னாம்மா இது, விறகா?"

"இதெத்தான் மேடம் பாழ்நிலம்னு எழுதிகீறாங்க. மேலே தெரியறதெ மட்டும் அளந்தது நான்தான். தப்பு என்து. கீழே கீறதெயும் அளந்துட்டு அப்புறம் வெட்டச் சொல்லுங்க."

பத்து நாளில் வேலையை நிறுத்திவைக்க உத்தரவு வந்தது. கிராம சபை மறுபடி கூடி, தமிழில் எழுதிய தீர்மானத்தை ஒவ்வொரு வரியாகப் படித்து, பழைய சம்மதத்தைத் திரும்பப் பெற்றது. கம்பெனி வேறு ஊர் பார்த்துப் போய்விட்டது. ஐம்பத்து மூன்று ஏக்கர் பிழைத்தது. போன ஏழு ஏக்கரில் அந்த வருட மழையே வாய்க்கால் வெட்டி, செம்மண்ணை ஏரியில் கொண்டுபோய்க் கொட்டியது. ரெஜினா புது நோட்டு வாங்கி முதலிலிருந்து எழுதத் தொடங்கினாள். கூட நடக்க இப்போது வேண்டாவும் வருகிறாள். ஆனால் ஒவ்வொரு பக்கம் முடிந்ததும், "இன்னா எழுதினே, படி" என்று கேட்காமல் விடமாட்டாள். ரெஜினாவும் முகம் சுளிக்காமல் படித்துக் காட்டுகிறாள்.

அந்தக் கிறிஸ்துமஸுக்கு ஜெசிந்தா ஊருக்கு வந்திருந்தாள். கோயிலில் கூட்டம். பெண்கள் பக்கம் இடம் தேடி வந்தவள் ரெஜினாவுக்குப் பக்கத்தில்தான் உட்கார வேண்டியிருந்தது. பூசையின் நடுவில் சாமியார், ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக்கொள்ளச் சொன்னார். ஜெசிந்தா திரும்பிக் கும்பிட்டு, "சமாதானம் ரெஜி" என்றாள். கண் கலங்கியிருந்தது.

ரெஜினாவும் கையைக் குவித்தாள். பின்பெஞ்சுக்குச் சொன்னாள், முன்பெஞ்சுக்குச் சொன்னாள். பக்கத்தில் திரும்பியபோது உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. பூசை முடிந்ததும் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் வீட்டுக்கு நடந்தாள்.